டெலியா ஸ்காலா: இத்தாலிய இசைநாடக மேடை பற்றி நீங்கள் கேட்டவை

டெலியா ஸ்காலா பற்றி எழுதச் சொல்லி நிறையப் பேர் கேட்டிருந்தீர்கள். ஒரே மாதிரியான கேள்விகளைச் சேர்த்துவிட்டேன். சில பதில்கள் நீண்டுவிட்டன. எனக்கு மிகவும் பிடித்த கலைஞர் என்பதால் அவற்றைச் சுருக்க மனசு வரவில்லை.

கேள்வி: அக்கா, இந்தப் பெயரையே நான் கேள்விப்பட்டதில்லை. யார் இவர்?

1950களிலும் 60களிலும் இத்தாலிய இசைநாடக மேடையின் முதன்மை நாயகி. ஆடுவார், பாடுவார், சிரிக்க வைப்பார், மூன்றையும் ஒரே காட்சியில் செய்வார். 1929 செப்டம்பர் 25 அன்று ரோமுக்குப் பக்கத்தில் உள்ள ஏரிக்கரை ஊரான பிராச்சானோவில் பிறந்தார். இயற்பெயர் ஒடெட் பெடோன்யி. சிறு வயதிலேயே மிலானில் லா ஸ்காலா நாடக அரங்கின் பாலே பள்ளியில் சேர்ந்து படித்தவர். மேடைப் பெயரில் இருக்கும் ஸ்காலா அந்த அரங்கின் பெயர்தான். 2004 ஜனவரி 15 அன்று லிவோர்னோவில் காலமானார்.

கேள்வி: லா ஸ்காலாவில் பாலே படித்தவர் ஏன் பாலே மேடையில் இல்லை?

அவர் பள்ளியில் இருந்த வருடங்களைப் பாருங்கள், பெரும்பாலும் போர்க்காலம். 1943 ஆகஸ்டில் நேச நாட்டு விமானங்கள் போட்ட குண்டில் லா ஸ்காலாவின் கூரையும் உள்மண்டபமும் நொறுங்கிப் போயின. 1946 மே மாதம் புகழ்பெற்ற இசைக்குழு நடத்துநர் டோஸ்கனினி வந்து கச்சேரி நடத்தித்தான் அரங்கத்தை மறுபடி திறந்தார்கள். ஒரு நடன மாணவிக்குப் பதின்மூன்றிலிருந்து பதினாறு வயது வரை என்பது எவ்வளவு முக்கியமான காலம் என்று ஆடுகிறவர்களுக்குத் தெரியும். போர் முடிந்த பிறகு இத்தாலியில் சினிமா வேகமாக எழுந்தது, இந்தப் பெண்ணும் அங்கேதான் போனார். 1948ல் லூயிஜி சம்பாவின் 'அன்னி டிஃபிச்சிலி', 1950ல் எடுவார்டோ டி ஃபிலிப்போவின் 'நாப்போலி மிலியொனாரியா', 1952ல் ஜியூசெப்பே டி சான்டிஸின் 'ரோமா ஓரே 11' என்று நல்ல இயக்குநர்களிடம் நடித்திருக்கிறார். நடுவில் 1951ல் சில்வானா பம்பனீனியோடு சைக்கிளில் சுற்றும் ஒரு நகைச்சுவைப் படமும் உண்டு.

சினிமாவில் அவர் நன்றாகவே செய்தார். ஆனால் பாலே படித்த அந்த உடம்புக்கு உரிய வேலையை சினிமா கொடுக்கவில்லை, மேடைதான் கொடுத்தது.

கேள்வி: இத்தாலி என்றால் ஓபெராதானே? இசைநாடகம் அங்கே எங்கிருந்து வந்தது, பிராட்வேயைப் பார்த்தா?

இதை ஒரே வரியில் சொன்னால் தப்பாகிவிடும், கொஞ்சம் விரித்தே சொல்கிறேன்.

போருக்கு முன்னும் பின்னும் இத்தாலியில் வெகுஜனக் கேளிக்கை என்றால் 'ரிவிஸ்டா'. ஒரு நகைச்சுவைத் துணுக்கு, அப்புறம் ஒரு பாட்டு, அப்புறம் பெண்கள் வரிசையாக ஆடும் ஒரு நடனம், மறுபடி துணுக்கு, இப்படியே போகும். தொடர்ச்சியான கதை இருக்காது. அதன் ராணி வாண்டா ஓசிரிஸ். மேடையில் பிரம்மாண்டமான படிக்கட்டு போட்டிருப்பார்கள். தலையில் இறகுகள், உடம்பெல்லாம் மினுமினுப்பு, சுற்றிலும் இளைஞர் வரிசை, இப்படி ஒவ்வொரு படியாக இறங்கி வந்து ரசிகர்களுக்கு ரோஜாப் பூக்களை வீசுவார். ஜனங்கள் அதைப் பார்ப்பதற்கே டிக்கெட் வாங்கினார்கள். ஓசிரிஸைக் குறைத்துச் சொல்ல மாட்டேன், போரில் அடிபட்டுக் கிடந்த மக்களுக்கு அந்தப் பகட்டு தேவைப்பட்டது. ஆனால் அங்கே நாயகியின் வேலை தோன்றுவதுதான். அவள் ஒரு கதாபாத்திரமாக வாழ வேண்டியதில்லை.

இதை மாற்றியவர்கள் பியெட்ரோ கரினேயியும் சாண்ட்ரோ ஜொவான்னினியும். இரட்டையர்களாகவே எழுதி இயக்கியவர்கள், விளம்பரத்திலும் இரண்டு பெயரும் சேர்ந்தேதான் இருக்கும். 1952ல் நகைச்சுவை நடிகர் ரெனாட்டோ ராஷெலை வைத்துக் கதையுள்ள இசை நகைச்சுவை ஒன்றைக் கொண்டுவந்தார்கள். அது பிடித்துப் போனது. அமெரிக்க மேடையின் தாக்கம் கண்டிப்பாக உண்டு. பிராட்வேயில் வேலை செய்த டொனால்ட் சேட்லர் மாதிரி நடன அமைப்பாளர்களையே அழைத்து வந்தார்கள். ஆனால் நகைச்சுவை, ஜாடைமாடையான அரசியல் கிண்டல், பேச்சு வேகம் எல்லாம் இத்தாலியச் சரக்கு. இசை பெரும்பாலும் கோர்னி கிராமர், ஜாஸ் வாசித்த அக்கார்டியன் கலைஞர்.

இந்த இடத்தில்தான் டெலியா வருகிறார். கதை வந்துவிட்டதால் படி இறங்கி வரும் நாயகி போதவில்லை. கணவனோடு சண்டை போட வேண்டும், வெட்கப்பட வேண்டும், சிரிப்பு வசனத்தைச் சரியான நொடியில் விட வேண்டும், அதே மூச்சில் ஆடிப் பாட வேண்டும். அன்றைய இத்தாலியில் இதற்கு ஆள் தேடினால் எத்தனை பேர் தேறியிருப்பார்கள்?

கேள்வி: அவருடைய முக்கியமான நாடகங்களைச் சொல்ல முடியுமா? எது சிறந்தது?

1954ல் 'ஜோவே இன் டொப்பியோபெட்டோ', கார்லோ டப்போர்ட்டோவுடன். ஜூபிடர் கடவுள் கோட்டு சூட்டோடு பூமிக்கு வந்து, கல்யாணமான ஒரு பெண்ணை மயக்க அவள் கணவனின் உருவத்தையே எடுத்துக்கொள்ளும் பழைய புராணக் கதை. மறு வருடமே அதைப் படமாகவும் எடுத்தார்கள். 1956ல் 'புவோனநோட்டே பெட்டீனா', வால்டர் கியாரியுடன். கூச்ச சுபாவமுள்ள ஓர் இளம் மனைவி எழுதிய சூடான நாவல் கைமாறிப் போய்ப் பதிப்பாளரிடம் சிக்கி அச்சாகிவிடுகிறது. "இதெல்லாம் உனக்கு எப்படித் தெரியும்?" என்று கணவன் தவிக்கிறான். 1957ல் மறுபடி டப்போர்ட்டோவோடு ஒன்று. 1958ல் பண்டைய கிரேக்கத்தை வைத்து அன்றைய பனிப்போரைக் கிண்டல் செய்த லிசிஸ்ட்ராட்டா நாடகம், நீனோ மன்ஃப்ரெடியும் பவ்லோ பனெல்லியும் கூட இருந்தார்கள். 1961ல் 'ரினால்டோ இன் காம்போ'. 1963ல் 'மை ஃபேர் லேடி'யின் இத்தாலிய மேடையாக்கத்தில் நாயகி எலைசா. 1964ல் 'இல் ஜோர்னோ டெல்லா டார்ட்டரூகா'.

புகழில் முன்னால் நிற்பது 'ரினால்டோ'தான். இத்தாலி ஒன்றிணைந்ததன் நூற்றாண்டுக் கொண்டாட்டம் டூரினில் நடந்த 1961ல் அதே ஊரில் அரங்கேறியது. கதை 1860ல் சிசிலியில் நடக்கிறது. பணக்காரர்களைக் கொள்ளையடிக்கும் ரினால்டோவாகப் பாடகர் டொமெனிக்கோ மொடுன்யோ, பாட்டுகளுக்கு மெட்டும் அவரே. இத்தாலியை ஒன்றிணைக்கப் போரிட்ட கரிபால்டியின் பக்கம் நிற்கும் ஆஞ்சலிக்கா என்ற பிரபு குலத்துப் பெண்ணாக டெலியா.

ஆனால் சிறந்தது எது என்று என்னைக் கேட்டால் கடைசியாகச் சொன்ன 'டார்ட்டரூகா'. மேடையில் ராஷெல், டெலியா என்று இரண்டே பேர். ஒரு தம்பதியின் சண்டை, அதில் வந்துபோகும் மற்ற ஆட்களையும் இவர்கள் இருவரே மாறி மாறிச் செய்ய வேண்டும். பெரிய குழு நடனம் இல்லை, ஒளிந்துகொள்ள ஒரு வரிசையும் இல்லை. பத்து வருடத்துக்கு முன் படிக்கட்டும் இறகும் இல்லாமல் இசை மேடையில் நாயகியே கிடையாது என்றிருந்த நாட்டில், ஒரு பெண் இரண்டில் ஒருவராக முழு நாடகத்தையும் தூக்கிச் சுமக்கிறார்! அவர் கொண்டுவந்த மாற்றத்துக்கு இதைவிடப் பெரிய சான்று எனக்குத் தெரியவில்லை.

கேள்வி: நான் நடனம் கற்றுக்கொள்கிறேன். அவருடைய ஆட்டத்தில் என்ன தனிச்சிறப்பு, கொஞ்சம் தொழில்நுட்பமாகச் சொல்லுங்களேன்.

பழைய தொலைக்காட்சிப் பதிவுகளைப் பார்க்கும்போது முதலில் முதுகைக் கவனியுங்கள். பாலே பயிற்சி கொடுத்த நேரான முதுகும் நீண்ட கழுத்தும் எப்போதும் இருக்கும். ஆனால் கால்கள் பாலே ஆடாது. பாலேயில் தொடையை வெளிப்பக்கம் திருப்பியே நிற்கப் பழக்குவார்கள். ஜாஸ் நடனத்துக்கு அதை விட்டுவிட்டு முழங்காலைத் தளர்த்தி, இடுப்பைத் தாழ்த்தி, எடையைத் தரைக்குக் கொடுக்க வேண்டும். சின்ன வயதிலிருந்து ஒன்றைப் பழகிய உடம்புக்கு மற்றது லேசில் வராது. அவருக்கு வந்தது, அதுவும் மேல் உடம்பின் ஒழுங்கு கலையாமல் வந்தது.

இரண்டாவது மூச்சு. இன்று கன்னத்தில் ஒட்டிக்கொள்ளும் மைக் அன்று இல்லை. துள்ளி ஆடி முடித்த கையோடு வரும் வசனம் பின்வரிசைக்குக் கேட்க வேண்டும், அதுவும் சிரிப்பு வசனமாக இருந்தால் மூச்சு வாங்கும் சத்தம் வந்தாலே காரியம் கெட்டுவிடும். குரல் பெரிய குரல் இல்லை, அதைச் சொல்லியாக வேண்டும். ஆனால் ஒவ்வொரு சொல்லும் தெளிவாக விழும், பேசுகிற மாதிரியே பாடுவார், பேச்சிலிருந்து பாட்டுக்குப் போகிற இடம் தெரியவே தெரியாது. இசைநாடகத்துக்கு ஓபெராக் குரலைவிட இதுதான் உதவும்.

கேள்வி: கார் பந்தய வீரர் ஒருவரோடு காதல் என்று படித்தேன், உண்மையா?

உண்மை. எவுஜேனியோ கஸ்டெல்லோட்டி, லோடி ஊர்க்காரர், ஃபெராரி அணி வீரர், 1956ல் மில்லே மிலியா பந்தயத்தை வென்றவர். கல்யாணம் செய்துகொள்ளப் போகிறார்கள் என்று பத்திரிகைகள் தினமும் எழுதின. 1957 மார்ச் 14 அன்று மொடேனா ஓடுதளத்தில் ஃபெராரி காரைச் சோதித்துப் பார்க்கும்போது விபத்தில் இறந்துபோனார். வயது 26. 'பெட்டீனா' அரங்கேறிச் சில மாதங்கள்தான் ஆகியிருந்தன. அந்த வருடமே அடுத்த இசை நாடகத்திலும் டெலியா நடித்தார் என்பதை மட்டும் சொல்லி நிறுத்திக்கொள்கிறேன். அவர் வாழ்க்கை என்றாலே இந்த ஒரு சம்பவத்தை மட்டும் எழுதுகிறார்கள், அது எனக்கு வருத்தம்.

கேள்வி: தொலைக்காட்சியிலும் பெரிய நட்சத்திரமாமே?

ஆமாம். இத்தாலியில் தொலைக்காட்சி 1954ல்தான் தொடங்கியது. 1959ல் 'கன்சோனிசிமா' என்ற பாட்டுப் போட்டி நிகழ்ச்சியை அன்டொனெல்லோ ஃபால்க்வி இயக்க, டெலியா, மன்ஃப்ரெடி, பனெல்லி மூவரும் நடத்தினார்கள். முந்தின வருடம் லிசிஸ்ட்ராட்டா மேடையில் ஒன்றாக நடித்த அதே மூவர்! மேடையில் பழகிய அந்த நேரம் தப்பாத ஒத்திசைவு அப்படியே வீட்டுக்குள் வந்தது. 1968ல் அவர் பெயரிலேயே 'டெலியா ஸ்காலா ஸ்டோரி', 1970ல் லாண்டோ புட்சாங்காவோடு கணவன் மனைவிச் சண்டையை வைத்த 'சின்யோரே எ சின்யோரா'. பிறகு 80களில் 'காசா செசீலியா' என்ற குடும்பத் தொடர், 90களில் ஜெர்ரி ஸ்காட்டிக்கு அம்மாவாக ஒரு தொடர்.

கேள்வி: உச்சத்தில் இருக்கும்போதே மேடையை ஏன் விட்டார்? கட்டாயப்படுத்தினார்களா?

அப்படி ஒன்றும் இல்லை. அறுபதுகளின் கடைசியில் வியாரெஜ்ஜோவைச் சேர்ந்த ஒருவரைக் கல்யாணம் செய்துகொண்டு, ஊர் ஊராகப் போகும் மேடை வாழ்க்கையை நிறுத்திக்கொண்டார். இசைநாடகப் பயணம் என்றால் வாரக்கணக்கில் ஓட்டல், தினமும் காட்சி, அதுவும் நாயகிக்கு ஓய்வே கிடையாது. நாற்பதை நெருங்கும் ஒரு நடனக் கலைஞர் போதும் என்று முடிவெடுப்பதில் எனக்கு எந்த ஆச்சரியமும் இல்லை. எழுபதுகளில் மார்பகப் புற்றுநோய் வந்தது. அதை மறைக்காமல் வெளிப்படையாகப் பேசினார். அந்த நோயின் பெயரைச் சொல்லவே குடும்பங்கள் தயங்கிய காலம் அது.

கேள்வி: என் மகள் பாலே கற்கிறாள், இசைநாடகத்துக்குப் போக ஆசைப்படுகிறாள். பாலே உதவுமா, தடையா?

உதவும், ஆனால் அது மட்டும் போதாது. டெலியாவின் வாழ்க்கையைப் பார்த்தால், பாலே முடித்து நேராக இசைநாடகத்துக்கு வரவில்லை, நடுவில் பல வருடங்கள் கேமரா முன் நடித்தார், பெரிய நடிகர்கள் எப்படி வசனம் விடுகிறார்கள் என்று பக்கத்தில் நின்று பார்த்தார். உங்கள் மகளுக்கும் நடிப்புப் பயிற்சியை இப்போதே தொடங்கிவிடுங்கள். குரல் பயிற்சி தினமும் கொஞ்ச நேரம், முடிந்தால் ஆடிய உடனே பாடிப் பழகட்டும்.

கேள்வி: அவருக்குப் பின் அந்த இடத்துக்கு யார் வந்தார்கள்?

தொலைக்காட்சியில் ரஃபயெல்லா கர்ரா, அவரைப் பற்றித் தனியாகவே எழுத வேண்டும். மேடையில் என்றால் லொரெல்லா குக்காரீனியைச் சொல்வேன். 1985ல் 'ஃபன்டாஸ்டிகோ' தொலைக்காட்சி நிகழ்ச்சியில் நடனக் கலைஞராகப் புகழ்பெற்றவர், 1997ல் கொம்பன்யியா டெல்லா ரான்சியா குழுவின் 'கிரீஸ்' (Grease) இசைநாடகத்தில் நாயகி. அதில் நாயகன் ஜாம்பியெரோ இங்க்ராசியா. இவருடைய அப்பா சிச்சோ இங்க்ராசியா 1961ல் டெலியாவோடு 'ரினால்டோ'வில் நடித்தவர்!

கேள்வி: எங்கே தொடங்கிப் பார்ப்பது?

மேடைக் காட்சிகள் முழுசாகக் கிடைப்பது அரிது, அந்தக் காலத்தில் நாடகங்களைப் பதிவு செய்யும் வழக்கம் குறைவு. அதனால் முதலில் 'நாப்போலி மிலியொனாரியா' பாருங்கள், இருபது வயது டெலியாவின் நடிப்புக்காக. அப்புறம் 'ஜோவே'யின் 1955 படம், மேடையில் என்ன செய்திருப்பார் என்று ஓரளவு பிடிபடும். கடைசியாக இத்தாலிய அரசுத் தொலைக்காட்சியான ராயின் பழைய கன்சோனிசிமா துண்டுகள். மொழி புரியாவிட்டாலும் பரவாயில்லை, மற்ற இருவர் பேசும்போது அவர் எப்படிக் கேட்டுக்கொண்டு நிற்கிறார் என்று மட்டும் பாருங்கள்.