ஆர்வம் இல்லை என்று யார் சொன்னது?

கேள்வி: பழைய அமெரிக்க கார்ட்டூன் படங்களின் டைட்டிலைப் பார்த்தால் எல்லாமே ஆண்களின் பெயர்கள்தான். அந்தக் காலத்துப் பெண்களுக்கு இந்தத் துறையில் ஆர்வம் இல்லை என்பதுதானே உண்மை? இப்போது போய் ‘மறைக்கப்பட்ட பெண்கள்’ என்று தேடுவது வலிந்து செய்வது போலத் தெரியவில்லையா? (வாசகர் ஒருவர், கும்பகோணம்)

பதில்: ஆர்வம் இல்லை என்று உங்களுக்கு யார் சொன்னது? டைட்டிலா? அதில் யார் பெயர் வர வேண்டும் என்று முடிவு செய்தவர்கள் ஸ்டூடியோக்காரர்கள்.

1938 ஜூனில், டிஸ்னி ஸ்டூடியோவில் வேலை கேட்ட ஓர் இளம்பெண்ணுக்கு வந்த பதில் கடிதம் இன்றும் இருக்கிறது. கற்பனை சார்ந்த எந்த வேலையையும் இங்கே பெண்கள் செய்வதில்லை, அது முழுக்க இளைஞர்களின் வேலை என்கிறது அது. பெண்களுக்கு இருப்பது செல்லுலாய்டு தாளில் மையால் கோடு இழுப்பதும், சொன்னபடி வண்ணம் நிரப்புவதும்தான். அதற்கும் விண்ணப்பிக்கும் பெண்களோடு ஒப்பிட்டால் இடங்கள் மிகக் குறைவு, இதை நம்பி ஹாலிவுட் வர வேண்டாம் என்கிறார்கள். இடத்துக்கு மிஞ்சி விண்ணப்பம் போட்டவர்களுக்கா ஆர்வம் இல்லை?

அந்தக் ‘கோடு இழுக்கும்’ வேலை என்னவென்றும் பாருங்கள். அடியில் அனிமேட்டரின், அதாவது உருவங்களின் அசைவை வரைபவரின், பென்சில் படம், மேலே கண்ணாடி போன்ற செல்லுலாய்டு. விரல் ரேகை படியக் கூடாதென்று கையில் பருத்தி உறை. கோடு மயிரிழை பிசகினாலும் திரையில் உருவம் நடுங்கும். மை காய்ந்ததும் தாளைத் திருப்பி, பின்பக்கத்தில் வண்ணம். ஒரு நொடிப் படத்துக்கு 24 ஃபிரேம், அதாவது 24 நிலைப்படங்கள். டிஸ்னி படநாயகி ‘ஸ்னோ ஒயிட்’டின் கன்னச் சிவப்பு அந்தப் பெண்களின் கைவண்ணம். இதைத்தான் கற்பனை இல்லாத வேலை என்றார்கள்.

வாசலைத் தாண்டியவர்களும் உண்டு. நியூயார்க் ஃபிளைஷர் ஸ்டூடியோவில் மை தீட்டுபவராகச் சேர்ந்த லில்லியன் ஃபிரீட்மன், 1930களின் தொடக்கத்திலேயே அனிமேட்டராகி பெட்டி பூப் என்ற கார்ட்டூன் நாயகியை ஆட வைத்தார். ஆண்களைவிடக் குறைந்த சம்பளம். பெரும்பாலான படங்களில் பெயரும் கிடையாது. வால்டர் லான்ட்ஸ் என்ற இன்னொரு கார்ட்டூன் ஸ்டூடியோவில் லாவெர்ன் ஹார்டிங் பல்லாண்டுகள் வரைந்தார். 1942இல் வந்த ‘பாம்பி’யில் பெண் மானை வேட்டை நாய்கள் துரத்தும் காட்சி நினைவிருக்கிறதா? பல்லை இளித்துக்கொண்டு பாறையில் மோதி ஏறும் அந்தக் கூட்டத்தை வரைந்தவர் ரெட்டா ஸ்காட் என்ற இளம்பெண். டிஸ்னி படத்தில் அனிமேட்டர் என்று பெயர் பெற்ற முதல் பெண் அவர்தான்.

வலிந்து தேடுவது என்கிறீர்கள். 1920களின் அனிமேட்டர்கள் கூடியிருக்கும் ஒரு பழைய குழுப் படத்தின் மூலையில் ஒரு பெண் இருப்பதை மிண்டி ஜான்சன் என்ற வரலாற்றாய்வாளர் கவனித்தார். யார் என்று விசாரித்தபோது, துப்புரவுப் பணியாளராகவோ செக்ரட்டரியாகவோ இருக்கலாம் என்று பதில் வந்தது. விசாரித்ததும் துறை அறிந்தவரிடம்தான். ஜான்சன் அதோடு விடவில்லை. அந்தப் பெண் பெஸ்ஸி மே கெல்லி. 1921இலும் 1922இலும் அவரே அனிமேஷன் செய்து இயக்கிய குறும்படங்கள் கிடைத்து, சீரமைக்கப்பட்டு, 2022இல் லாஸ் ஏஞ்சலிஸில் திரையிடப்பட்டன. அதாவது, ‘இளைஞர்களின் வேலை’ என்று டிஸ்னி கடிதம் எழுதுவதற்குப் பதினேழு ஆண்டுகள் முன்பே ஒரு பெண் அந்த வேலையை முழுசாகச் செய்து முடித்திருந்தார்.