சுராபாயா மேயர் ரிஸ்மாவின் கண்ணீர் நடிப்பா? அன்று அந்தச் செடிகளை மிதித்தவர்களில் நானும் ஒருத்தி

கேள்வி: இந்தோனேசியாவின் சுராபாயா நகர மேயராக இருந்த திரி ரிஸ்மஹாரினி உண்மையிலேயே வேலை செய்தவரா, அல்லது கேமரா முன்னால் அழுதும் கத்தியும் பெயர் வாங்கியவரா?

இந்தக் கேள்வியை இரண்டு நாட்களாகக் கடந்து போகப் பார்க்கிறேன், முடியவில்லை. 2011 முதல் 2018 வரை ஏழு ஆண்டுகள் சுராபாயாவின் ருங்குட் பகுதியில் குடியிருந்தவள் நான். கணவருக்கு சிடோவார்ஜோ பக்கம் ஒரு நூற்பாலையில் வேலை. அந்த நாட்டில் எனக்கு ஓட்டு கிடையாது, எந்தக் கட்சியோடும் ஒட்டுறவு கிடையாது. முதலிலேயே இதைச் சொல்லிவிடுகிறேன். இல்லாவிட்டால் யாராவது வந்து இவள் அந்தக் கட்சியின் ஆள் என்பார்கள்.

நீங்கள் அநேகமாக இரண்டு காணொளிகளில் ஒன்றைப் பார்த்துவிட்டுத்தான் கேட்கிறீர்கள். ஒன்று, 2020 ஜூனில் கொரோனா உச்சத்தில் இருந்தபோது மருத்துவர்களுடன் நடந்த கூட்டத்தில் அவர் தரையில் விழுந்து அழுதது. இன்னொன்று, பாழான பூங்காவில் நின்றுகொண்டு ஆத்திரத்தில் கத்தியது. முதலாவது நடந்தபோது நான் ஊர் திரும்பிவிட்டேன். இரண்டாவதைப் பற்றிப் பேச எனக்குத் தகுதி இருக்கிறது. அந்தப் பூங்காவைப் பாழாக்கிய கூட்டத்தில் நானும் இருந்தேன்.

2014 மே 11, ஞாயிற்றுக்கிழமை. ராயா டார்மோ சாலையில் ஞாயிறு காலை வண்டிகளை விடமாட்டார்கள். மக்கள் நடப்பார்கள், குழந்தைகள் சைக்கிள் ஓட்டுவார்கள். சாலையை ஒட்டித்தான் தாமான் புங்குல் பூங்கா இருக்கிறது. புங்குல் என்ற இஸ்லாமியப் பெரியவரின் அடக்கத்தலம் பின்புறம் இருப்பதால் அந்தப் பெயர். அன்று ஓர் ஐஸ்கிரீம் நிறுவனம் இலவசமாக ஐஸ்கிரீம் கொடுக்கிறது என்று தெருவெல்லாம் பேச்சு. என் மகளுக்கு அப்போது ஆறு வயது. கிளம்பிவிட்டோம்.

போய்ச் சேர்ந்தபோது கால் வைக்க இடமில்லை. வரிசை என்று ஒன்று தொடக்கத்தில் இருந்திருக்கலாம், நான் பார்க்கவில்லை. பின்னால் இருந்து தள்ளினார்கள். பாதையில் நிற்க முடியாமல் மக்கள் பாத்திகளுக்குள் இறங்கினார்கள். நானும் மகளைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு இறங்கினேன். காலடியில் செடி ஒடிவது தெரிந்தது. ஈர மண்ணில் செருப்பு புதைந்தது. ஒரு கணம் தயங்கினேன். முன்னால் போனவர்கள் எல்லாம் ஏற்கனவே மிதித்துத்தானே வைத்திருக்கிறார்கள் என்று எனக்கே சமாதானம் சொல்லிக்கொண்டு மேலும் நாலடி போனேன். ஐஸ்கிரீம் கிடைக்கவில்லை. மகள் அழுதாள். பஸ்ஸிலும் பெமோ என்ற ஷேர் வேனிலும் மாறி மாறி வீடு வந்து சேர்ந்தோம்.

பிறகு தொலைக்காட்சியில் ரிஸ்மா வந்தார். பூங்கா முழுவதும் நசுங்கிக் கிடக்கிறது. நிகழ்ச்சியை நடத்தியவர்களைப் பார்த்துக் கத்துகிறார். இத்தனை வருடம் வளர்த்ததை இப்படிச் செய்துவிட்டீர்களே என்ற பொருளில் என்னென்னவோ சொல்கிறார். என் இந்தோனேசிய மொழி அப்போது அரைகுறை, பாதி புரியவில்லை. குரலில் இருந்தது புரிந்தது. நான் வீட்டு வாசலில் ஏழெட்டுத் தொட்டிகளில் மல்லியும் கற்பூரவல்லியும் வளர்த்தவள். ஒரு நாள் பக்கத்துத் தெரு ஆடு வந்து எல்லாவற்றையும் மேய்ந்துவிட்டுப் போனபோது நானும் அதே குரலில்தான் கத்தினேன். கேமரா இல்லை, அவ்வளவுதான் வித்தியாசம்.

அது ஏதோ ஒரு மேயரின் காலத்தில் தற்செயலாக இருந்த பூங்கா அல்ல என்பது எனக்குப் பின்னால்தான் தெரிந்தது. ரிஸ்மா 1961இல் கெடிரியில் பிறந்தவர். சுராபாயாவில் கட்டடக்கலை படித்துவிட்டு மாநகராட்சி ஊழியராகச் சேர்ந்தவர். 2005இல் துப்புரவு மற்றும் பூங்காத் துறையின் தலைவரானார். அவருடைய பேனா முதலில் போட்ட கோடுகளே செடிக்கும் மரத்துக்கும்தான். சாலை நடுவில் பசுமைப் பட்டையாக இருக்க வேண்டிய இடங்களில் முளைத்திருந்த பெட்ரோல் பங்க்குகளை அகற்றிப் பூங்காவாக மாற்றினார்கள். நீங்கள் சுராபாயாவில் பெரியவர்கள் உட்கார்ந்து பேசும் ஒரு சின்னப் பூங்காவைப் பார்த்தால், அது ஒரு காலத்தில் பெட்ரோல் பங்க்காக இருந்திருக்கலாம். அவர் மேயரானது 2010இல், அந்த நகரத்தின் முதல் பெண் மேயராக. தாமான் புங்குல் பூங்காவுக்கு ஆசிய அளவிலான நகரக் காட்சி விருது கிடைத்தது 2013இல். அதற்கு அடுத்த வருடம்தான் நாங்கள் போய் மிதித்தோம்.

மறுநாள் காலை எங்கள் பு எர்தே வந்து கதவைத் தட்டினார். சொல் புரியாதவர்களுக்கு: எர்தே என்பது சில தெருக்கள் சேர்ந்த மிகச் சிறிய குடியிருப்பு அலகு, அதன் தலைவரின் மனைவியை பு எர்தே என்பார்கள். பு என்றால் அம்மா. மேயரையும் நகரமே பு ரிஸ்மா என்றுதான் சொல்லும். எங்கள் பு எர்தே ஐம்பது வயதைத் தாண்டியவர், அதிகம் பேசமாட்டார். "செடி நடப் போகிறோம், வருகிறாயா தங்கச்சி?" என்று கேட்டார். நான் அங்கே போயிருந்தேன் என்பது அவருக்குத் தெரியுமா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. கேட்கவில்லை. போனேன். எங்களுக்கு முன்பே எத்தனையோ பேர் வந்து வேலையைத் தொடங்கியிருந்தார்கள். மஞ்சள் சீருடைத் துப்புரவுப் பணியாளர் ஒருவர், ஒரு செடியை நான் ஆழமாகப் புதைத்துவிட்டேன் என்று பிடுங்கி மறுபடி நட்டுக் காட்டினார். இரண்டு மணி நேரம் இருந்தேன். முழங்கால் எல்லாம் மண். அந்த ஊரில் நான் விருந்தாளி இல்லை என்று முதல்முறையாகத் தோன்றியது அன்றுதான்.

அதற்குப் பிறகு பு எர்தே என்னை விடவில்லை. தகாகுரா கூடை வைக்கச் சொன்னார். இது என்னவென்று சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் ரிஸ்மாவைப் பற்றி எழுதுகிறவர்கள் எல்லாம் அழுகையையும் விருதையும் எழுதுவார்கள், கூடையை எழுதமாட்டார்கள். 2001இல் கெபுதி குப்பைக் கிடங்கை அங்கிருந்த மக்கள் எதிர்த்து மூடவைத்தார்கள். நகரத்தின் தெருக்களில் குப்பை மலையானது. பிறகு ஜப்பானின் கிதாகியூஷு நகரத்திலிருந்து தகாகுரா என்ற நிபுணர் வந்து, ருங்குட்டில் இருந்த ஒரு சமூக அமைப்போடு சேர்ந்து வீட்டு உரக்கூடை ஒன்றை வடிவமைத்தார். துணி போடும் பிளாஸ்டிக் கூடைதான். உட்புறம் அட்டை. அடியில் உமி அடைத்த சின்னத் தலையணை, நடுவில் ஏற்கனவே மக்கிய உரம், அதற்குள் அன்றாடக் காய்கறிக் கழிவு, மேலே இன்னொரு உமித் தலையணை, துணி போட்டு மூடி. நாற்றம் வராது. சமையலறைக்குள்ளேயே வைத்துக்கொள்ளலாம்.

கண்டுபிடிப்பு ரிஸ்மாவுடையது இல்லை. ஒரு கூடையை ஆயிரக்கணக்கான வீடுகளுக்குள் கொண்டுபோவது யாருடைய வேலை? அதைத்தான் அவருடைய துறையும் தெருத்தெருவாக இருந்த பெண்கள் குழுக்களும் சேர்ந்து செய்தார்கள். கம்பங்களுக்கு இடையே தூய்மைப் போட்டி நடக்கும். கம்பம் என்றால் சந்துகளும் நெருக்கமான வீடுகளுமாக இருக்கும் குடியிருப்பு. எங்கள் சந்து ஒரு முறைகூட ஜெயிக்கவில்லை. ஆனால் போட்டி அறிவித்த அன்றிலிருந்து சுவரில் வர்ணம், பாட்டிலில் செடி, ஞாயிறு காலையில் எல்லோரும் துடைப்பத்தோடு தெருவில். பு எர்தே சிறிய நோட்டுப் புத்தகத்தில் யார் வீட்டில் எத்தனை கிலோ உரம் என்று எழுதி வைப்பார். நகரத்துக்குத் தலைவி ரிஸ்மா என்றால், எனக்குத் தெரிந்த தலைவி அந்த நோட்டுப் புத்தகக்காரர்தான். முன்னவர் இல்லாவிட்டால் பின்னவருக்கு மாநகராட்சியில் யார் கதவைத் திறந்திருப்பார்கள் என்றும் நினைத்துக்கொள்வேன்.

நடிகையாக இருந்திருந்தால் எளிய வழிகள் நிறைய இருந்தன. பதவிக்கு வந்த சில மாதங்களிலேயே நகர மையத்தில் பெரிய விளம்பரப் பலகைகளுக்கான வரியை ஏற்றினார். 2011 ஜனவரியில் நகர மன்றம் அவரைப் பதவி நீக்கத் தீர்மானம் போட்டது. அவரை நிறுத்திய கட்சியின் உறுப்பினர்களும் அதற்கு உடன்பட்டார்கள். உள்துறை அமைச்சர் அதை ஏற்காததால் பதவி தப்பியது. நகரத்தின் நடுவே சுங்கச்சாலை போடும் திட்டத்தையும் எதிர்த்தார். 2014 பிப்ரவரியில் ஒரு தொலைக்காட்சி நேர்காணலில் அழுதார். ராஜினாமா செய்யப்போகிறார் என்று வதந்தி பரவியது. எங்கள் சந்தில் காய்கறி வண்டிக்காரர் முதற்கொண்டு எல்லோரும் அதையே பேசினார்கள். 2015 தேர்தலில் அவருக்கு விழுந்தது சுமார் 86 சதவீத ஓட்டு. கண்ணீரைப் பார்த்து மட்டும் ஒரு நகரம் இத்தனை ஓட்டுப் போடுமா? வெள்ளத்தில் நின்று வாக்கி டாக்கியில் பேசிக்கொண்டே போக்குவரத்தைச் சரிசெய்யும் மேயரை ஒருமுறை நானே மழையில் பெமோ ஜன்னல் வழியாகப் பார்த்திருக்கிறேன். பக்கத்தில் கேமரா எதுவும் தெரியவில்லை.

டாலி விஷயத்தை யாராவது நிச்சயம் கேட்பார்கள். டாலி என்பது தென்கிழக்கு ஆசியாவிலேயே மிகப் பெரியவற்றில் ஒன்று என்று சொல்லப்பட்ட பாலியல் தொழில் பகுதி. 2014 ஜூன் 18 அன்று அதை மூடுவதாக அறிவித்தார். அவருடைய துணை மேயரே எதிர்த்தார். அங்கிருந்த பெண்களுக்குத் தலைக்குச் சுமார் 50 லட்சம் ரூபியா கொடுத்தார்கள். நம் பணத்தில் அது அப்போது சுமார் இருபத்தைந்தாயிரம் ரூபாய்தான். ஆறடுக்கு விடுதி ஒன்றை மாநகராட்சி வாங்கி, செருப்பு தைக்கும் பட்டறையாக்கியது. மூடியதால் அந்தப் பெண்கள் மறைவிடங்களுக்குப் போனார்கள், மருத்துவ உதவி எட்டாமல் போனது என்று சுகாதாரப் பணியாளர்கள் சொன்னதை நான் மறுக்கவில்லை. அந்தத் தொகையில் ஒரு குடும்பம் எத்தனை மாதம் ஓட்டும் என்ற கேள்வியும் எனக்கு உண்டு. அங்கே வளர்ந்த குழந்தைகளை நினைத்துத்தான் மூடினேன் என்றார் அவர். நான் அதை நம்புகிறேன். செய்த விதம் முழுக்கச் சரி என்று சொல்லமாட்டேன்.

2020 டிசம்பரில் அவர் மத்திய சமூக நல அமைச்சரானார். முன்பிருந்தவர் கொரோனா நிவாரணப் பொருள் ஊழலில் கைதாகியிருந்தார். அமைச்சரானபின் அவர் நடந்துகொண்ட சில விதங்கள் எனக்கே வருத்தம் தந்தன. வேலை செய்யாத ஊழியர்களைப் பாப்புவாவுக்கு மாற்றிவிடுவேன் என்றார். ஒரு மாநிலத்தையே தண்டனையிடமாகப் பேசியது தவறு. காது கேளாத ஒரு பிள்ளையை மேடையில் வாய் திறந்து பேசச் சொல்லி வற்புறுத்தியதும் தவறு. கோபம் செடிக்காக வரும்போது ஒரு மாதிரி இருக்கிறது, ஊழியர் மேல் திரும்பும்போது வேறு மாதிரி இருக்கிறது. 2024இல் கிழக்கு ஜாவா ஆளுநர் தேர்தலில் நின்று கோஃபிஃபாவிடம் தோற்றார். அந்தத் தேர்தலில் மூன்று வேட்பாளர்களும் பெண்கள் என்பதை இங்கே எழுதும்போதே எனக்கு ஒரு நிறைவு.

கேள்விக்குத் தொடர்பில்லாத ஒன்றையும் சொல்லாமல் முடிக்க மனம் வரவில்லை. நான் சிவில் பொறியியல் படித்தவள். கணவரைச் சார்ந்த விசாவில் போனால் அங்கே சம்பளத்துக்கு வேலை செய்யக்கூடாது. ஊர் திரும்பியபின் ஒரு கல்லூரிக்கு நேர்முகத் தேர்வுக்குப் போனேன். மூன்று பேர் உட்கார்ந்திருந்தார்கள். "ஏழு வருடம் சும்மாதானே இருந்திருக்கிறீர்கள்" என்றார் ஒருவர். எங்கள் சந்தின் வடிகால் எங்கெங்கே அடைக்கிறது என்று வரைபடம் போட்டு பு எர்தேயிடம் கொடுத்ததையும், அதை வைத்து மாநகராட்சி ஆட்கள் வந்து இரண்டு இடங்களில் மூடிகளை மாற்றியதையும் சொன்னேன். "அதற்குச் சான்றிதழ் இருக்கிறதா?" என்றார்கள். இல்லை. தொண்டை அடைத்துக் கண் கலங்கியது. வெளியே வரும்போது, "ரொம்ப உணர்ச்சிவசப்படுகிறார்" என்று உள்ளே ஒருவர் சொன்னது காதில் விழுந்தது. அழுதாரே, நடிப்பா என்று நீங்கள் கேட்டது எனக்கு ஏன் இவ்வளவு சுட்டது என்று இப்போது உங்களுக்குப் புரிந்திருக்கும். உங்கள் மேல் கோபம் இல்லை.

ஒருவேளை நீங்கள் வேலைக்காகச் சுராபாயா போகிறவராக இருந்தால், அங்கே 2018இல் தொடங்கிய சுரோபோயோ பஸ் பற்றித் தெரிந்துகொள்ளுங்கள். தொடங்கிய காலத்தில் டிக்கெட்டுக்குக் காசு வாங்கவில்லை. மூன்று பெரிய பிளாஸ்டிக் பாட்டில்கள், அல்லது ஐந்து நடுத்தர பாட்டில்கள், அல்லது பத்து பிளாஸ்டிக் கப்புகள் கொடுக்க வேண்டும். ஊர் திரும்பும் முன் மகளும் நானும் ஆளுக்கு மூன்று பாட்டிலைக் கழுவிப் பையில் போட்டுக்கொண்டு அதில் ஏறினோம். டார்மோ சாலையில் பூங்கா வந்ததும் இறங்கி, நான் நட்ட பாத்தியைத் தேடினேன். எது என்று கண்டுபிடிக்க முடியவில்லை. எல்லாம் ஒரே உயரத்துக்கு, அடர்த்தியாக வளர்ந்திருந்தது. அப்போது பத்து வயதாகியிருந்த மகள் பாதையை விட்டு இறங்காமல் நின்றபடியே, "அம்மா, அந்த ஓரத்தில் இருக்கிறதே, அதுவாக இருக்கும்" என்றாள்.