உடைந்த ஐ ஷேடோவில் நெயில் பாலிஷ் வரும், லிப்ஸ்டிக்கில் வராது

கேள்வி: என் ஐ ஷேடோ பேலட் கீழே விழுந்து நாலைந்து நிறம் தூள்தூளாகிவிட்டது. கூடவே அடியில் மிஞ்சிய லிப்ஸ்டிக், பாதி காம்பாக்ட், காஜல் பென்சில் எல்லாம் கிடக்கின்றன. இவற்றை நிறமில்லாத நெயில் பாலிஷில் கலந்தால் கலர் பாலிஷ் கிடைக்கும் என்றார்கள். லிப்ஸ்டிக்கில் செய்து பார்த்தேன், மறுநாள் வரைக்கும் பிசுபிசுவென்றே இருந்தது. எங்கே தப்பு? நன்றாக வந்தால் தோழிகளுக்கு விற்கலாமா? (கல்லூரி மாணவி, திருச்சி)

நீங்கள் கலந்த விதத்தில் தப்பே இல்லை. லிப்ஸ்டிக் நெயில் பாலிஷோடு சேரவே சேராது, அவ்வளவுதான்.

நெயில் பாலிஷ் எப்படிக் காய்கிறது என்று தெரிந்துகொண்டால் உங்கள் பெட்டியில் எது உதவும், எது உதவாது என்று நீங்களே சொல்லிவிடுவீர்கள். சாதாரண பாலிஷில் சுமார் 70 சதவீதம் வெறும் கரைப்பான்தான், பெரும்பாலும் எத்தில் அசிடேட்டும் பியூட்டில் அசிடேட்டும். பாட்டிலைத் திறந்ததும் மூக்கில் ஏறுகிற அந்த வாசனை இவற்றுடையது. இதில் நைட்ரோசெல்லுலோஸ் கரைந்திருக்கும். பஞ்சு அல்லது மரக்கூழிலிருந்து எடுத்த செல்லுலோஸை நைட்ரிக் அமிலத்தில் பக்குவப்படுத்திச் செய்வது. நகத்தில் தடவியதும் கரைப்பான் ஆவியாகிப் போய்விடும், நைட்ரோசெல்லுலோஸ் கெட்டியான மெல்லிய படலமாக நின்றுவிடும். அந்தப் படலம் மொறமொறவென்று உடையாமல் கொஞ்சம் வளைந்து கொடுக்க ஒரு மென்மையூட்டி சேர்ப்பார்கள், பல பாலிஷ்களில் அது கற்பூரம்தான்.

இப்போது லிப்ஸ்டிக்குக்கு வருவோம். அது விளக்கெண்ணெயும் மெழுகும். எண்ணெய் ஆவியாகாது. படலத்துக்குள்ளேயே தங்கி, அதைக் கெட்டியாக விடாமல் பிடித்துக்கொள்ளும். மெழுகோ இந்தக் கரைப்பானில் சரியாகக் கரையாது, சின்னச் சின்னக் கட்டியாக மிதக்கும். அதனால் நீங்கள் ஒரு வாரம் காத்திருந்தாலும் அந்தப் பிசுபிசுப்பு போயிருக்காது. காஜல் பென்சிலும் மெழுகும் எண்ணெயும்தான், அதற்கும் இதே பதில். கிரீம் பிளஷ், லிப் கிளாஸ், ஃபவுண்டேஷன் எதுவும் வேண்டாம். மிஞ்சிய லிப்ஸ்டிக்கைச் சுரண்டி ஒரு சின்ன டப்பியில் போட்டு, பிரஷ்ஷால் உதட்டுக்கே போட்டுக்கொள்ளுங்கள், வீணாக்க வேண்டியதில்லை.

உங்களுக்கு உதவப்போவது தூள். உடைந்த ஐ ஷேடோ, தூள் பிளஷ், தூள் ஹைலைட்டர். இவற்றில் நிறம் தருவது இரும்பு ஆக்சைடு, டைட்டானியம் டை ஆக்சைடு, மைக்கா போன்ற கனிமத் தூள்கள். கடையில் விற்கிற பாலிஷிலும் இவையேதான் இருக்கின்றன. ரெவ்லான் கம்பெனி 1932-ல் ஆரம்பித்தபோது அவர்களைத் தூக்கிவிட்டதே இந்த விஷயம்தான்: அதுவரை சாயம் கரைத்த கண்ணாடி மாதிரியான பாலிஷ்தான் பரவலாக இருந்தது, அவர்கள் சாயத்துக்குப் பதில் நிறமித் தூளைப் போட்டு, அடியிலிருக்கும் நகம் தெரியாத அளவுக்கு அடர்த்தியான பாலிஷ் கொண்டுவந்தார்கள். நீங்கள் வீட்டில் செய்யப்போவதும் அதே வேலை, கொஞ்சம் முரட்டுத்தனமாக.

ஒன்று மட்டும் முன்கூட்டியே தெரிந்திருக்க வேண்டும். பேலட்டில் பார்க்கிற நிறமே பாலிஷில் வராது. ஐ ஷேடோவில் டால்க் நிறைய இருக்கும், அது உலர்ந்த தூளாக இருக்கும்போது வெள்ளையாகத் தெரியும், பாலிஷுக்குள் நனைந்துவிட்டால் கிட்டத்தட்ட கண்ணுக்கே தெரியாமல் போய்விடும். அதனால் மேட் பிரவுன், மேட் பிளம் எல்லாம் ஒன்றிரண்டு படி ஆழமாகிவிடும், வெளிறிய மேட் நிறங்களோ எத்தனை கோட் போட்டாலும் மங்கலாகவே நிற்கும். மினுமினுப்பு நிறங்கள்தான் அழகாக வரும். தங்கம், வெண்கலம், ரோஸ் கோல்டு இவற்றிலிருந்து ஆரம்பியுங்கள் என்று நான் எல்லோரிடமும் சொல்வேன், ஏமாற்றம் குறைவு. காம்பாக்ட்டும் கலக்கும், ஆனால் தோல் நிறத்தில் சப்பென்றுதான் வரும். வேறு நிறத்தை மட்டுப்படுத்த ஒரு சிட்டிகை போடலாம், தனியாக வேண்டாம்.

நேரே பாட்டிலில் கொட்டாதீர்கள். முதலில் அலுமினிய ஃபாயில் துண்டில் நிறமில்லாத பாலிஷ் இரண்டு சொட்டு விட்டு, பல்குத்தும் குச்சி நுனியில் தூளை எடுத்துக் கலந்து, ஒரு நகத்தில் மட்டும் போட்டுப் பாருங்கள். உண்மையான நிறம் அங்கேதான் தெரியும், பிடிக்கவில்லை என்றால் இரண்டு சொட்டுதான் நஷ்டம். யூஸ் அண்ட் த்ரோ பிளாஸ்டிக் கப், தெர்மாகோல் தட்டு இவற்றில் கலக்கவே கலக்காதீர்கள், கரைப்பான் அவற்றைத் தின்றுவிடும், உருகின பிளாஸ்டிக்கோடு சேர்ந்து எல்லாம் பசையாகிவிடும்.

நிறம் பிடித்துவிட்டதா, சரி, பாட்டிலுக்குப் போகலாம். தூளை ஒரு ஜிப் கவரில் போட்டு ஸ்பூனின் பின்பக்கத்தால் நசுக்குங்கள். விரலில் தேய்த்தால் நரநரப்பே தெரியக் கூடாது, இந்த ஒரு வேலையில்தான் பெரும்பாலானவர்கள் அவசரப்படுகிறார்கள், அப்புறம் நகத்தில் மணல் மணலாக இருக்கிறது என்பார்கள். மேலே அழுக்கேறி இறுகிப்போன பகுதி இருந்தால் அதைச் சுரண்டி எறிந்துவிடுங்கள், முகத்து எண்ணெய் அங்கேதான் படிந்திருக்கும். 6 மில்லி பாட்டில் என்றால் கால் டீஸ்பூன் தூளில் ஆரம்பியுங்கள், போதாவிட்டால் கொஞ்சம் கொஞ்சமாகச் சேர்க்கலாம், ஆனால் அரை டீஸ்பூனைத் தாண்ட வேண்டாம். தூள் கூடக் கூட அதைக் கட்டிப் பிடிக்கப் படலம் பத்தாது, பளபளப்பு போய், இரண்டே நாளில் ஓரம் பெயர ஆரம்பிக்கும். பாட்டில் நிரம்ப இருந்தால் கொஞ்சத்தை வேறு காலி பாட்டிலுக்கு மாற்றிக்கொள்ளுங்கள், கலங்குவதற்கு மேலே இடம் வேண்டும். தூளை இறக்க, சுண்டல் கட்டித் தருகிற காகிதக் கூம்பு மாதிரி ஒன்றைச் சுருட்டி, நுனியைக் கத்தரித்தால் போதும்.

உள்ளே துருப்பிடிக்காத ஸ்டீல் குண்டு இரண்டு போடுங்கள். சைக்கிள் கடையில் கிடைக்கிற பால்ரஸ் பலதும் சாதாரண இரும்பு, நாளடைவில் துருவேறி நிறத்தைக் கெடுக்கும், ஸ்டெயின்லெஸ்தானா என்று கேட்டு வாங்குங்கள். மூடி இறுக்கி, முதல் நாள் நன்றாகக் குலுக்கலாம். குமிழி அடங்க ஒரு நாள் அப்படியே விட்டுவிட்டுப் பிறகு பயன்படுத்துங்கள். அதற்கப்புறம் ஒவ்வொரு முறையும் போட்டுக்கொள்வதற்கு முன் உள்ளங்கைகளுக்கு நடுவில் வைத்து உருட்டினால் போதும்.

ஒரு வாரம் கழித்து எடுத்துப் பார்த்தால் தூள் அடியில் உட்கார்ந்திருக்கும். கெட்டுவிட்டது என்று நினைத்துத் தூக்கிப் போடாதீர்கள். கம்பெனிக்காரர்கள் கலர் பாலிஷில் ஹெக்டரைட் என்கிற ஒரு வகைக் களிமண்ணைப் பக்குவப்படுத்திச் சேர்ப்பார்கள், பாட்டில் சும்மா இருக்கும்போது அது உள்ளே வலை மாதிரி நின்று நிறத்தைத் தாங்கிப் பிடிக்கும், குலுக்கினால் இளகிவிடும். நிறமில்லாத பாலிஷில் தாங்கிப் பிடிக்க நிறமே இல்லை, அதனால் பெரும்பாலும் அந்தக் களிமண்ணும் இருக்காது. வீட்டுப் பாலிஷ் படிவதற்குக் காரணம் இதுதான். இதற்கு நான் சொல்கிற வழி, உங்களிடம் முத்து வெள்ளையிலோ மிக லேசான ஷிம்மரிலோ பழைய பாலிஷ் ஒன்று இருந்தால் நிறமில்லாததற்குப் பதில் அதையே அடிப்படையாக வைத்துக்கொள்ளுங்கள். களிமண் ஏற்கெனவே உள்ளே இருக்கும், தூள் நாள்கணக்கில் மிதக்கும். இது வெகு சிலருக்கே தோன்றுகிறது, ஆனால் பலனில் அவ்வளவு வித்தியாசம்.

கெட்டியாகிவிட்டால் நெயில் பாலிஷ் தின்னர் என்றே தனியாக விற்கிறது, இரண்டு மூன்று சொட்டு போதும். ரிமூவரை ஊற்றாதீர்கள். அதில் பெரும்பாலும் அசிட்டோன் இருக்கும், படலத்தின் பக்குவத்தைக் குலைத்துவிடும். பெயின்ட் கடைத் தின்னர் கூடவே கூடாது, அதில் டொலுயீன் மாதிரியான கரைப்பான்கள் இருக்கலாம், நகத்துக்கும் மூச்சுக்கும் ஆகாதவை.

தீ விஷயத்தில் தயவுசெய்து அலட்சியம் வேண்டாம். எத்தில் அசிடேட்டின் ஆவி தண்ணீரின் உறைநிலைக்குக் கீழேயே தீப்பிடிக்கக்கூடியது, நைட்ரோசெல்லுலோஸும் சட்டென்று எரியும். சமையலறையில் உட்கார்ந்து கலக்காதீர்கள். பக்கத்தில் அகல் விளக்கு, ஊதுவத்தி, கொசுவத்திச் சுருள் எதுவும் எரியக் கூடாது. இந்த ஆவி காற்றைவிடக் கனமானது, தரையோடு தவழ்ந்து தள்ளி இருக்கிற நெருப்பையும் எட்டும். ஜன்னல் திறந்த அறை, அல்லது மாடி வராந்தா. பாட்டிலைச் சூடுபடுத்தி இளக்கலாம் என்று யாராவது சொன்னால் கேட்காதீர்கள்.

எதையெல்லாம் போடக் கூடாது என்றும் பலர் கேட்கிறார்கள். மெட்ராஸ் ஐ வந்திருந்தபோது போட்ட ஐ ஷேடோ, பூசணம் பூத்தது, வாசனை மாறினது எல்லாம் நேராகக் குப்பைக்குத்தான், நகத்துக்குத்தானே என்று நினைக்க வேண்டாம், அதே விரல் கண்ணுக்கும் வாய்க்கும் போகிறது. குங்குமம், ஹோலிப் பொடி, கோலப்பொடி வேண்டாம், அவற்றில் என்ன சாயம், என்ன உலோகம் என்று யாருக்கும் உறுதியில்லை. கைவினைக் கடை கிளிட்டர் கரைப்பானில் சாயம் கழன்று பாட்டில் முழுவதையும் கலங்கடித்துவிடும். கேசரிப் பவுடர் போன்ற உணவு நிறம் தண்ணீரில் கரைவது, இதில் கரையாது. ஜெல் பாலிஷில் எந்தத் தூளையும் கலக்கவே கூடாது. அது விளக்கொளியில் வினைபுரிந்து இறுகுவது, தூள் ஒளியை மறைத்தால் உள்ளே அரைகுறையாக நின்றுவிடும், இறுகாத அந்தப் பொருள் தோலில் பட்டுப் பட்டு ஒவ்வாமை வந்துவிட்டால் பிறகு காலத்துக்கும் தொந்தரவு.

போடும்போது அடியில் நிறமில்லாத பேஸ் ஒரு கோட் கட்டாயம், குறிப்பாகப் பிங்க், சிவப்பு, ஊதா ஷேடோ என்றால். அவற்றில் கனிமத்தோடு சாயமும் கலந்திருக்கலாம், கரைப்பானில் அது கசிந்து நகத்தை மஞ்சளாக்கும், நகம் மாதத்துக்குச் சுமார் 3 மில்லிமீட்டர்தான் வளரும், கறை போக மாதக்கணக்காகும். மெல்லிசாக இரண்டு கோட், இடையில் காய விடுங்கள், மேலே ஒரு டாப் கோட். ஐ ஷேடோ தூளை இறுக்கிப் பிடிக்கக் கொஞ்சம் எண்ணெய்ப் பசை சேர்த்திருப்பார்கள், அதனால் வீட்டுப் பாலிஷ் கடைப் பாலிஷைவிட முன்னாடியே பெயரும், டாப் கோட் அதை ஓரளவு ஈடுகட்டும்.

கடைசியாக விற்பனை. வேண்டாம். இந்தியாவில் அழகுசாதனப் பொருளைத் தயாரித்து விற்க 2020-ஆம் ஆண்டின் காஸ்மெடிக்ஸ் விதிகளின்படி உரிமம் வேண்டும், அளவு சிறியது என்பதால் விலக்கு இல்லை. அதைவிட, நீங்கள் ஒருமுறை கண்ணில் போட்ட தூளை இன்னொருவர் காசு கொடுத்து வாங்குவது சரியில்லை. தோழிகளுக்கு ஆசையாக இருந்தால் அவரவர் உடைந்த பேலட்டை எடுத்துவரச் சொல்லுங்கள், ஒரு ஞாயிற்றுக்கிழமை மொட்டைமாடியில் உட்கார்ந்து அவரவருக்கே கலந்து கொடுங்கள். பாட்டிலில் தேதியையும் எந்த பேலட்டின் எந்த நிறம் என்பதையும் எழுதி ஒட்டிவிடுங்கள், யாருக்காவது நகத்தைச் சுற்றி அரிப்பு வந்தால் எதனால் என்று கண்டுபிடிக்க அது வேண்டியிருக்கும்.