கதவு திறந்துதானே இருந்தது?

கேள்வி: இயக்குநர் ஃபாஸ்பிண்டர் ஜெர்மன் தொலைக்காட்சிக்காக எடுத்த 'மார்த்தா' (1974) பார்த்தேன். நூலகத்தில் வேலை பார்த்த, படித்த பெண். கணவன் கட்டியா போட்டான்? கதவைத் திறந்துகொண்டு போக வேண்டியதுதானே! நம்பவே முடியவில்லை.

பதில்: போகத்தானே செய்கிறாள்! நூலகத்தில் வேலை செய்யும் கைசரின் காரில் தப்பிக்கிறாள். பின்னால் வருவது கணவன்தான் என்ற பீதியில் விபத்து. கைசர் இறக்கிறார், அவளுக்குக் கால்கள் செயலிழந்துவிடுகின்றன. சக்கர நாற்காலியைத் தள்ளிக்கொண்டு வீட்டுக்கு அழைத்துப்போக வருபவன் அதே கணவன், ஹெல்முட்.

நீங்கள் கதவைப் பார்க்கிறீர்கள். ஹெல்முட் அதைக் கடைசியில்தான் தொடுகிறான். முதலில் ரோலர் கோஸ்டர். பயப்படுகிறவளை ஏற்றுகிறான், இறங்கி வாந்தி எடுக்கிறாள், அந்த நேரம் பார்த்துக் கல்யாணம் பேசுகிறான். வலியும் பாசமும் ஒரே கையிலிருந்து வரும் என்பது அவளுக்கு அன்றே பழக்கமாகிறது. தேனிலவில் வெயிலில் தோல் வெந்துபோகும்போதும் அதுதான் நடக்கிறது. பிறகு அவள் ரசிக்கும் இசை மட்டம் என்கிறான். தன் தொழில் புரியவேண்டுமென்று அணை கட்டுவது பற்றிய புத்தகத்தைப் படிக்கச் சொல்கிறான். அவளைக் கேட்காமலே அவள் வேலையை ராஜினாமா செய்கிறான். தொலைபேசி இணைப்பும் போகிறது. வெளியே போகாதே என்பது இதற்கெல்லாம் பிறகு. முதல் நாளே அதைச் சொல்லியிருந்தால் ஓடியிருப்பாள். சம்பளமும், பேச்சுத்துணையும், தன் ரசனைமேல் இருந்த நம்பிக்கையும் போன பிறகு பூட்டு எதற்கு?

இவற்றில் எதையாவது தனியாக எடுத்துச் சொன்னால் "இதுக்கா கோபம்?" என்பார்கள். நீங்கள் கேட்பதும் கிட்டத்தட்ட அதுதான்.

ஹெல்முட்டாக வரும் கார்ல்ஹைன்ஸ் பேம், 'சிஸ்ஸி' என்ற அரச குடும்பக் காதல் படங்களில் பேரரசராக நடித்து ஜெர்மன் வீடுகளின் மனம் கவர்ந்தவர். அந்த முகத்தைப் போட்டதால் பார்க்கிறவர்களும் மார்த்தாவைப் போலவே முதலில் ஏமாறுகிறார்கள். அபாரமான தேர்வு.

சட்டத்தையும் பாருங்கள். மேற்கு ஜெர்மனியில் 1958 வரை, நீதிமன்ற அனுமதியோடு மனைவியின் வேலையைக் கணவனே ரத்து செய்யலாம். அது நீங்கிய பிறகும், குடும்பக் கடமைக்கு இடைஞ்சல் இல்லாதவரைதான் மனைவி வேலைக்குப் போகலாம் என்ற விதி 1977 வரை இருந்தது. ஹெல்முட் செய்தது சட்டப்படி செல்லாது. ஆனால் ஊர் அவன் பக்கம்தான் நின்றிருக்கும்.

போயிருந்தாலும் எங்கே போவாள்? அந்நாட்டில் அடிபட்ட பெண்களுக்கான முதல் காப்பகம் மேற்கு பெர்லினில் திறந்ததே 1976இல், படம் ஒளிபரப்பாகி இரண்டு வருடம் கழித்து.