நிலாவெளிக் காணியும் பேத்தியின் ஸ்கேற்றிங்கும்

கேள்வி: நான் ஓய்வுபெற்ற ஆசிரியை. திருகோணமலை உவர்மலையில் தனியாக இருக்கிறேன். மூத்த மகள் குடும்பத்தோடு கனடாவில், ஸ்காபரோவில். அவளுடைய மகளுக்கு 15 வயது. சின்ன வயதிலிருந்தே ஐஸ் ஸ்கேற்றிங் பழகியவள். இரண்டு வருடமாக ஒரு பெடியனோடு சேர்ந்து ஜோடியாக ஆடுகிறாள். அவன் பிரான்ஸிலிருந்து வந்தவன், 19 வயது. இப்போது நல்ல பயிற்றுநரிடம் சேருவதற்குத் தாயும் பிள்ளையும் மொன்றியலுக்குப் போய்த் தங்க வேண்டுமாம். நிலாவெளியில் என் சீதனக் காணி நாற்பது பேர்ச் இருக்கிறது. அதை விற்று உதவச் சொல்லி மகள் கேட்கிறாள். பாலையூற்றில் இருக்கும் இளைய மகனுக்கு இன்னும் இதைச் சொல்லவில்லை. வீடியோவில் பார்த்தேன், அந்தப் பெடியன் பிள்ளையைத் தலைக்கு மேலே தூக்குகிறான், பிறகு எறிகிறான். நெஞ்சு பதறுகிறது. நாளைக்கு ஊர் என்ன சொல்லும் என்றும் யோசனை. எங்கட சனத்துக்கு இதெல்லாம் சரிவருமா? இது ஒரு தொழிலா? காணியை விற்கலாமா?
– பெயர் வெளியிட வேண்டாம், உவர்மலை

பதில்: ரீச்சர், வணக்கம். காணியை இப்போது விற்க வேண்டாம். பிள்ளையின் ஆட்டத்தை நிறுத்தும்படியும் சொல்ல வேண்டாம். மகளிடம் இந்த இரண்டையும் ஒரே பேச்சில் சொல்லுங்கள். காணி இல்லை என்பது மட்டும் காதில் விழுந்தால், அம்மா பிள்ளையின் விருப்பத்தையே மறுத்துவிட்டா என்றுதான் அவ எடுத்துக்கொள்ளுவா.

நீங்கள் கடைசியில் கேட்டதிலிருந்து தொடங்குகிறேன். ஆம், இது தொழில்தான். 1908 லண்டன் ஒலிம்பிக்கிலேயே ஜோடி ஸ்கேற்றிங் இருந்தது. ஆனால் மற்றப் பல விளையாட்டுகளுக்கு இல்லாத ஒரு சிக்கல் இதற்கு உண்டு. உங்கள் பேத்தி எவ்வளவு பாடுபட்டாலும் தொழிலின் பாதி இன்னொருவரின் உடம்பிலும் மனதிலும் கடவுச்சீட்டிலும் இருக்கிறது. அவனுக்கு முழங்கால் போனால் இவளுக்கும் அந்த வருடத்துப் போட்டிப் பருவம் போய்விடும். அவனுக்கு ஆட்டம் அலுத்துவிட்டால் இவள் புதிய ஆளைத் தேடி அடியிலிருந்து தொடங்க வேண்டும்.

இது எப்போதோ ஒரு முறை நடக்கிற விஷயம் அல்ல. உக்ரைனில் பிறந்த அல்யோனா சவ்சென்கோ ஐந்து ஒலிம்பிக்கில் ஆடினார், மூன்று ஜோடிகளோடு. 2002இல் உக்ரைனுக்காக ஆடியவர் பிறகு ஜேர்மனிக்குப் போய் ரொபின் சொல்கோவியோடு ஐந்து முறை உலகச் சாம்பியன் ஆனார். ஆனாலும் ஒலிம்பிக்கில் இரண்டு வெண்கலம்தான் கிடைத்தது. சொல்கோவி ஓய்வுபெற்ற பிறகு புருனோ மாஸோ என்ற பிரெஞ்சுக்காரரோடு மறுபடி தொடங்கி, 2018 பியோங்சாங்கில் 34ஆவது வயதில் தங்கம் வென்றார். முதல் நாள் முடிவில் நாலாம் இடத்தில் இருந்தவர்கள், இரண்டாம் நாள் ஆட்டத்தில் மேலே வந்தார்கள்.

மாஸோவின் கதையை உங்கள் மகள் கவனமாகப் பார்க்க வேண்டும். பிரான்ஸின் ஸ்கேற்றிங் சங்கம் அவரை வேறு நாட்டுக்காக ஆட விடும்வரை அந்த ஜோடி ஒரு பருவம் முழுக்கப் போட்டியில்லாமல் இருந்தது. உலகச் சாம்பியன்ஷிப் போன்ற போட்டிகளில் அவர்கள் எந்த நாட்டுக்காக ஆடுகிறார்களோ, இருவரில் ஒருவர் அந்த நாட்டவராக இருந்தால் போதும். ஒலிம்பிக்கில் அப்படி விடமாட்டார்கள். இருவருக்கும் அந்த நாட்டுக் குடியுரிமை இருக்க வேண்டும். மாஸோவுக்கு ஜேர்மன் குடியுரிமை கிடைத்ததே 2017இன் இறுதியில், ஒலிம்பிக்குக்குச் சில மாதங்கள் இருக்கும்போது. உங்கள் பேத்தியோடு ஆடும் பெடியனும் பிரான்ஸிலிருந்து வந்தவன் என்கிறீர்கள். அவனுக்குக் கனடாவில் என்ன விசா, பிரான்ஸ் அவனை விடுவித்து எழுதிக் கொடுத்திருக்கிறதா, கனடாக் குடியுரிமைக்கு எப்போது விண்ணப்பிக்கலாம் என்பதையெல்லாம் மகள் விசாரித்தாவா? விசாரிக்கவில்லை என்றால், மொன்றியலில் வீடு பார்க்கும் முன் அதைத்தான் செய்ய வேண்டும்.

அவசரப்படாததற்கு இன்னொரு காரணமும் இருக்கிறது. சர்வதேச ஸ்கேற்றிங் ஒன்றியம் 2022இல் எடுத்த முடிவின்படி, சீனியர் போட்டிகளுக்கான குறைந்த வயது 15இலிருந்து படிப்படியாக உயர்ந்து, 2024–25 பருவம் முதல் 17 ஆகிவிட்டது. சின்னப் பிள்ளைகளை உடைந்துபோகும்வரை ஆட்டுவதைத் தடுக்கத்தான் இந்த மாற்றம். எனக்கு இது மிக நல்ல முடிவாகப் படுகிறது. பேத்திக்கு 15. எப்படிப் பார்த்தாலும் இன்னும் ஒன்றிரண்டு வருடம் ஜூனியர் பிரிவில்தான் ஆட வேண்டும். இந்த வருடமே காணி போனால்தான் பிள்ளைக்கு எதிர்காலம் என்று யாராவது சொன்னால் அது உண்மையில்லை.

அதோடு ஜோடி ஸ்கேற்றிங்கில் ஆட்கள் முதிர்ந்துதான் உச்சத்துக்கு வருகிறார்கள். சீனாவின் ஷென் ஷுவேயும் ஜாவோ ஹொங்போவும் 1992இல் ஜோடி சேர்ந்தவர்கள். தங்கம் வென்றது 2010 வான்கூவரில். டியன்னா ஸ்டெலாட்டோ-டுடெக் என்ற அமெரிக்கப் பெண் தனியாள் ஆட்டத்தில் 2000ஆம் ஆண்டு உலக ஜூனியர் வெள்ளி வென்றுவிட்டு, காயத்தால் ஒதுங்கினார். 16 வருடம் கழித்துத் திரும்பி வந்து ஜோடி ஆட்டம் பழகினார். கனடாவின் மக்ஸிம் டெஷாமோடு சேர்ந்து, நீங்கள் சொல்லும் அதே மொன்றியலில் 2024இல் உலகச் சாம்பியன் ஆனபோது அவருக்கு வயது 40. இந்தப் பெயர்களை நான் ஆசைகாட்டுவதற்காகச் சொல்லவில்லை. செலவும் அத்தனை வருடம் நீளும் என்பதற்காகச் சொல்கிறேன். ஐஸ் தரையின் வாடகை, பயிற்றுநர், நடனம் அமைப்பவர், காலணி ஒரு செலவு, அதன் அடியில் பூட்டும் பிளேட் வேறு செலவு, ஆடை, பயணம், உடற்சிகிச்சை. வளரும் பிள்ளைக்குப் போன வருடக் காலணி இந்த வருடம் போதாது. பரிசுப்பணம் வந்தாலும் அது ஜோடிக்குத்தான், இரண்டாகப் பிரியும்.

தம்பலகாமத்து வயல்காரர் இருக்கிற விதைநெல் முழுவதையும் ஒரே போகத்தில் கொட்டமாட்டார். நாற்பது பேர்ச்சை விற்ற காசு மொன்றியலில் ஓரிரு வருடத்தில் கரைந்துவிடும். ஒரு கனடா டொலர் இருநூறு ரூபாய்க்கு மேல் போகும் காலம் இது. காசு தீரும் நேரத்தில் அந்தப் பெடியன் ஆட்டத்தை விட்டுவிட்டால், பிள்ளை புதிய ஜோடியோடு தொடங்க உங்களிடம் எதுவும் இருக்காது. காசு உண்மையில் தேவைப்படுவது அப்படியான நேரத்தில்தான்.

ஜப்பானின் ரியூய்ச்சி கிஹாராவைப் பாருங்கள். இரண்டு ஒலிம்பிக்கில் இரண்டு வேறு பெண்களோடு ஆடினார். 2019இல் ஜோடி பிரிந்தது. ஆட்டத்தையே விட்டுவிடலாமா என்ற யோசனையோடு ஐஸ் தரை ஒன்றில் பகுதிநேர வேலை செய்துகொண்டிருந்தார். அப்போதுதான் அவரைவிட ஒன்பது வயது இளையவரான ரிக்கு மியூராவோடு சேர்ந்தார். ரொறன்ரோவுக்குப் பக்கத்தில் ஓக்வில்லில் பயிற்சி எடுத்து, 2023இல் உலகச் சாம்பியன் ஆனார்கள்; ஜோடி ஆட்டத்தில் ஜப்பானுக்கு அதுதான் முதல் முறை. ஓக்வில் ஸ்காபரோவிலிருந்து காரில் போய்வரக்கூடிய தூரம், ரீச்சர். மொன்றியலுக்குத்தான் போக வேண்டுமா என்று மகளிடம் கேட்க உங்களுக்கு முழு உரிமை இருக்கிறது.

எங்கட சனத்துக்குச் சரிவருமா என்று கேட்டீர்கள். 1980இல் டோர்ட்மண்டில் நடந்த உலகச் சாம்பியன்ஷிப்பில் சீனாவின் முதல் ஜோடி கடைசி இடத்துக்கு வந்தது, பார்த்தவர்கள் சிரித்தார்கள். அன்று ஆடிய யாவோ பின் பிறகு பயிற்றுநராகி, 2010இல் தங்கத்தையும் வெள்ளியையும் தன் மாணவர்களுக்கே வாங்கிக் கொடுத்தார். உங்கள் பேத்தியோ ஐஸ் தரையுள்ள ஊரில் பிறந்து வளர்ந்த பிள்ளை.

நெஞ்சு பதறுவது நியாயம். எறியும் தாவலில் பெண் காற்றில் மூன்று சுற்றுச் சுற்றி, ஓடும் வேகத்தோடு ஒற்றைக் காலில் பின்பக்கமாக இறங்க வேண்டும். 2004இல் பிட்ஸ்பர்க்கில் நடந்த போட்டியில், ரஷ்யாவின் மக்ஸிம் மரினின் என்பவர் தலைக்கு மேலே தூக்கியிருந்த அவருடைய ஜோடி தத்தியானா தொத்மியானினா கீழே விழுந்தார். தலை ஐஸில் மோதியது. சில மாதங்களில் திரும்பி வந்து உலகச் சாம்பியன் ஆகி, 2006இல் ஒலிம்பிக் தங்கமும் வாங்கினார்கள். விழுந்தவரைவிடத் தூக்கியவர்தான் பயத்திலிருந்து மீளப் பெரும்பாடு பட்டார். எல்லாருக்கும் அப்படி நல்லபடி முடியும் என்று நான் சொல்லமாட்டேன். புதிய தூக்குகளை முதலில் வெறுந்தரையில் பழக்குகிறார்களா, தாவல்களுக்கு இடுப்பில் கட்டும் பாதுகாப்புக் கயிறு இருக்கிறதா, தலை அடிபட்டால் அன்றைய பயிற்சியை உடனே நிறுத்துகிறார்களா என்று மகள் நேரில் பார்க்கட்டும். பெற்றோர் பார்க்கக்கூடாது என்று சொல்லும் பயிற்றுநரிடம் பிள்ளையை விடக்கூடாது.

என்னை அதிகம் உறுத்துவது சாப்பாடு. தூக்கப்படும் பெண் இலேசாக இருக்க வேண்டும் என்ற அழுத்தம் இந்த ஆட்டத்தில் மிகக் கூடுதல். 15 வயதில், உடம்பு வளரும் நேரத்தில், அந்தப் பேச்சு பிள்ளையைப் பட்டினிக்குத் தள்ளும். எலும்பு பலவீனமாகும், மாதவிடாய் நிற்கும். பேத்தியோடு பேசும்போது மெலிந்துவிட்டாய் என்றோ குண்டாகிவிட்டாய் என்றோ சொல்லிவிடாதீர்கள். இன்றைக்கு என்ன சாப்பிட்டாய், பசித்ததா என்று கேளுங்கள். தாய்க்குச் சொல்லாததைப் பிள்ளைகள் அம்மம்மாவிடம் சொல்லுவார்கள். பிள்ளை சாப்பாட்டுப் பேச்சை அடிக்கடி தட்டிக்கழித்தால் மகளிடம் சொல்லி டொக்டரிடம் காட்டச் செய்யுங்கள்.

ஊர் பேசும் என்பது பற்றி: அந்தப் பெடியனின் கை பிடிக்கும் இடம் பிள்ளையின் உயிரைக் காக்கும் இடம். பரதநாட்டிய மேடையிலும் நாடகத்திலும் ஆணும் பெண்ணும் சேர்ந்து ஆடுவதை நாம் பார்த்து வளர்ந்தவர்கள்தானே. ஷென்னும் ஜாவோவும் கலியாணம் செய்துகொண்டார்கள், உண்மைதான். அண்ணன் தங்கையாகவே பழகி ஆட்டத்தை முடித்துக்கொண்டவர்களும் ஏராளம். அதே நேரம் அவளுக்கு 15, அவனுக்கு 19. பயிற்சிக்கு வெளியே தனியாகப் பயணமோ ஒரே வீட்டில் தங்குவதோ வேண்டாம். தாய் கூட இருக்க வேண்டும். ஊருக்குப் பயந்து இதைச் சொல்லவில்லை. பயிற்றுநரோ ஜோடியோ எல்லை மீறினால் உடனே வந்து சொல்லும் தைரியம் பிள்ளைக்கு வேண்டும், அதற்குத்தான். ஊர்வாயை நீங்கள் பொருட்படுத்தாமல் இருந்தால் பிள்ளையும் கூச்சமில்லாமல் உங்களிடம் வாய் திறப்பாள்.

படிப்பை விடாமல் பார்த்துக்கொள்ளச் சொல்லுங்கள். ஆட்டம் முடிந்தவர்கள் பயிற்றுநர்களாகவும் நடனம் அமைப்பவர்களாகவும் நடுவர்களாகவும் ஐஸ் காட்சிகளில் ஆடுபவர்களாகவும் வாழ்கிறார்கள். ஆனாலும் ஒரு சான்றிதழ் கையில் இருப்பது வேறு.

இனிக் காணி. நிலாவெளிக் கடற்கரைப் பக்கம் விருந்தினர் விடுதிகள் பெருகிவிட்டன. விற்காமல் வருடக் குத்தகைக்குக் கொடுக்க முடியுமா என்று பாருங்கள். நொத்தாரிசு முன்னால் எழுத்தில், குறுகிய காலத்துக்கு. அதில் வருவதில் ஒரு பங்கைப் பேத்திக்கென்று ஒதுக்குங்கள். ஒரு வருடம் காலணி, அடுத்த வருடம் பயணம் என்று நீங்கள் தொடர்ந்து உதவலாம். ஜோடி மாறினாலும் அந்த உதவி நிற்காது. இங்கிருந்து பெருந்தொகையை வெளிநாட்டுக்கு அனுப்ப வெளிநாட்டுச் செலாவணிச் சட்டத்தின் கட்டுப்பாடுகள் உண்டு. யாரோ சொன்னார்கள் என்று உண்டியல் வழியாக அனுப்பிவிடாதீர்கள். எவ்வளவு, எந்தக் கணக்கின் வழியாக அனுப்பலாம் என்று வங்கியில் கேட்டு எழுதி வாங்குங்கள்.

சீதனக் காணி உங்களுடையது, முடிவும் உங்களுடையது. ஆனால் மகன் இதை வெளியாள் வாயால் கேள்விப்படக்கூடாது. இந்த வாரமே பாலையூற்றுக்கு ஆளனுப்பி அவரை வீட்டுக்குக் கூப்பிடுங்கள். பேத்தியின் வீடியோவை அவருக்கும் காட்டுங்கள். வங்கிக்குப் போகும்போது அவரையும் கூட்டிக்கொண்டு போங்கள்.