தடியின் மேல் குற்றமில்லை

கேள்வி: என் அப்பாவுக்கு 78 வயது. அலுமினியக் கைத்தடி வாங்கி இரண்டு வருடம் ஆகிறது. கொஞ்ச நாட்களாக மொசைக் தரையில் சறுக்குகிறது என்கிறார். வேறு தடி வாங்கிவிடலாமா?
– ஒரு வாசகி, கும்பகோணம்

பதில்: வேண்டாம் அம்மா. தடியைத் தலைகீழாகத் திருப்பி, அடியில் இருக்கும் ரப்பர் புஷ்ஷைப் பாருங்கள். புதிதில் அதில் வட்ட வட்டமாக வரிகள் இருந்திருக்கும். இப்போது தோசைக்கல் போல மழமழவென்று இருக்கிறதா? நகத்தால் அழுத்தினால் கொஞ்சமும் அமுங்கவில்லையா? அப்படியென்றால் புஷ்ஷை மட்டும் மாற்றினால் போதும்.

எனக்கும் முழங்கால் தேய்மானம்தான். எட்டு வருடமாகத் தடியோடு நடக்கிறேன். ஒருமுறை சிக்கனம் பார்த்து, நாற்காலிக் காலுக்கு மாட்டும் புஷ்ஷை வாங்கிச் செருகினேன். மூன்றாம் நாள் குளியலறை வாசலில் விழுந்தேன். அது தரையைப் பிடிப்பதற்காகச் செய்ததல்ல, தரையில் கீறல் விழாமல் இருக்கச் செய்தது. இந்த வித்தியாசம் கீழே கிடந்தபோதுதான் எனக்கு உறைத்தது.

மருத்துவ உபகரணக் கடைக்குத் தடியையே எடுத்துச் செல்லுங்கள். முடியாவிட்டால் பழைய புஷ்ஷைக் கழற்றிவிட்டு, தடியின் நுனியில் நூலைச் சுற்றி அளந்துகொள்ளுங்கள். சுற்றளவு 6 சென்டிமீட்டர் என்றால் குறுக்களவு 19 மில்லிமீட்டர். அந்த அளவைக் கேளுங்கள். பழைய புஷ்ஷின் வாயை அளக்காதீர்கள், அது விரிந்து போயிருக்கும். அடிப்பகுதி அகலமாகவும், உள்ளே இரும்பு வாஷர் வைத்ததாகவும் பார்த்து வாங்குங்கள். வாஷர் இல்லாவிட்டால் குழாயின் விளிம்பு நாளடைவில் ரப்பரை அறுத்துக்கொண்டு வெளியே வந்துவிடும்.

மாட்டும்போது இறுக்கமாக இருக்கிறதே என்று தேங்காய் எண்ணெய் தடவிவிடாதீர்கள். எண்ணெயில் ஊறினால் ரப்பர் தளர்ந்துவிடும். சோப்புத் தண்ணீர் தொட்டு, திருகித் திருகி அடிவரை இறக்குங்கள். நன்றாகக் காய்ந்த பிறகே அப்பாவிடம் கொடுங்கள். கையால் இழுத்தால் கழன்று வருகிற புஷ், தேய்ந்த புஷ்ஷைவிட ஆபத்து.

பிறகு வாரம் ஒருமுறை ஈரத்துணியால் அடியைத் துடைத்து, வரிகளில் சிக்கிய பொடிக்கற்களை ஈர்க்குச்சியால் எடுத்துவிட்டால் போதும். ஒன்று மட்டும் சொல்லிவையுங்கள்: தரை ஈரமாக இருந்தால் புதுப் புஷ்ஷும் சறுக்கும். வீடு துடைத்த ஈரம் காயும்வரை அப்பா உட்கார்ந்த இடத்திலேயே பேப்பர் படிக்கட்டும்.