‘அதற்காக’ என்று எழுதியிருந்தால் – கடிதம்

வணக்கம்.

கோத்தகிரியில் ஞாயிறு மாலைகளில் கூடும் ஒரு சிறிய வாசிப்பு வட்டத்தின் சார்பில் எழுதுகிறேன். நான் பள்ளி ஆசிரியை. தேயிலைத் தொழிற்சாலையில் வேலை பார்ப்பவர்கள், இரண்டு செவிலியர், பிளஸ் டூ பிள்ளைகள் என்று பன்னிரண்டு பேர் வருகிறார்கள். ஆறு மாதமாக மனித உடலைப் பற்றியும் பரிணாமத்தைப் பற்றியும் பொது வாசகருக்காக எழுதப்பட்ட நூல்களைப் படித்துவருகிறோம்.

ஒரு நூல், உடம்பே தவறுகளின் மூட்டை என்கிறது. முதுகுவலி, ஞானப்பல், குடல்வால் என்று அடுக்குகிறது. இன்னொன்று ஒவ்வொரு உறுப்பும் பார்த்துப் பார்த்துச் செதுக்கியது என்கிறது. எதை எடுத்துக்கொள்வது? மலையில் இருப்பவர்களின் உடல் இந்த உயரத்துக்கும் குளிருக்கும் ஏற்றபடி பரிணமித்துவிட்டது என்று எங்களில் ஒருவர் அடித்துச் சொல்கிறார். சரியா? அடுத்து வரும் அத்தியாயம் சிக்கிள் செல் ரத்தசோகை பற்றியது. இருளர் ஊரிலிருந்து இருவர் வட்டத்துக்கு வருகிறார்கள். ‘பழங்குடி நோய்’ என்று யாராவது பேசிவிட்டால் அவர்கள் மனம் நோகும். அந்த அத்தியாயத்தை விட்டுவிடலாமா?

கோத்தகிரி வாசகி

---

அன்புள்ள ஆசிரியருக்கு,

விட்டுவிடாதீர்கள். பரிணாமம் மனித உடலில் வேலை செய்ததற்கு உலகிலேயே நன்றாகச் சோதிக்கப்பட்ட சான்று அதுதான். அதில் உங்கள் மலைக்கும் பங்கு உண்டு. இந்தியாவில் சிக்கிள் செல் இருப்பதை 1952-ல் ஹெர்மன் லேமன், மேரி கட்புஷ் என்ற ஆய்வாளர்கள் எழுதியது நீலகிரிப் பழங்குடி மக்களின் ரத்தத்தைப் பார்த்துத்தான். அந்த மரபுக் குணத்துக்கும் மலேரியாவுக்கும் உள்ள தொடர்பை ஆண்டனி ஆலிசன் என்ற ஆய்வாளர் ஆப்பிரிக்காவில் காட்டியது 1954-ல்.

அத்தியாயத்துக்குப் போகுமுன் ஒரு சின்ன வேலை. இந்த வகை நூல்களை, குறிப்பாகத் தமிழில், படிக்கும்போது பென்சில் வைத்துக்கொள்ளுங்கள். ‘அதற்காக’, ‘தின்பதற்காக’, ‘தப்பிப்பதற்காக’ என்று வரும் இடங்களை எல்லாம் வட்டமிடுங்கள். நம் மொழியில் இந்த ஈறு மிகச் சுலபமாக வந்து ஒட்டிக்கொள்கிறது. ‘உயரத்து இலையைத் தின்பதற்காக ஒட்டகச்சிவிங்கியின் கழுத்து நீண்டது’ என்று எழுதிவிட்டால் யாரோ முன்கூட்டியே நினைத்துச் செய்த மாதிரி ஆகிவிடுகிறது. அந்த வாக்கியத்தை ‘கழுத்து சற்று நீண்டு பிறந்தவை அதிகம் குட்டி போட்டன, அவற்றின் வழி மிஞ்சியது’ என்று மாற்றிச் சொல்லிப் பாருங்கள். மாற்றிய பிறகு யார் மிஞ்சினார்கள், எதனால், எத்தனை தலைமுறையில், அது பிள்ளைக்குக் கடத்தப்படுகிற ஒன்றுதானா என்ற கேள்விகளுக்கு நூலில் பதில் இருக்கிறதா என்று தேடுங்கள். பதில் இருந்தால் அது அறிவியல். இல்லையென்றால் அது இப்போதைக்குக் கதைதான், அழகான கதையாக இருந்தாலும்.

சிக்கிள் செல்லுக்கு எல்லாப் பதிலும் இருக்கிறது. சிவப்பணுவில் ஆக்சிஜனைச் சுமக்கும் புரதம் ஹீமோகுளோபின். அதன் பீட்டா சங்கிலியில் 146 அமினோ அமிலங்கள். ஆறாவது இடத்தில் குளூட்டாமிக் அமிலம் இருக்க வேண்டிய இடத்தில் வேலின் இருக்கிறது. மரபணுவில் ஓர் எழுத்து மாறியதன் விளைவு. ஆக்சிஜனை இறக்கிவிட்டவுடன் இந்த ஹீமோகுளோபின் ஒன்றோடொன்று ஒட்டி இழைகளாக நீள்கிறது, சிவப்பணு அரிவாள் போல் வளைந்து விறைக்கிறது. சாதாரணச் சிவப்பணு 120 நாள் இருக்கும். இது பத்து இருபது நாளில் உடைந்துபோகும். நுண்ணிய ரத்தக் குழாய்கள் அடைபடுகின்றன, தாங்க முடியாத வலி வருகிறது. இது தாய், தந்தை இருவரிடமிருந்தும் அந்த மரபணுவின் மாறிய பிரதி வந்தவர்களின் நிலை. ஒரு பிரதி மட்டும் உள்ளவர்கள் பெரும்பாலும் எந்தத் தொந்தரவும் இல்லாமல் வாழ்கிறார்கள். உயிரைக் குடிக்கும் பால்சிபாரம் மலேரியாவிலிருந்து அவர்களுக்கு வலுவான பாதுகாப்பும் கிடைக்கிறது.

இங்கே பென்சிலை எடுங்கள். ‘மலேரியாவைத் தடுப்பதற்காக மரபணு மாறியது’ என்று உங்கள் நூலில் இருந்தால் அடித்துவிடுங்கள். எழுத்து மாறியது தற்செயல். மலேரியா இருந்த இடத்தில் அது மிஞ்சியது.

அந்த இடம் எது என்று உங்கள் மலையிலேயே பார்க்கலாம். பால்சிபாரம் கிருமி கொசுவின் உடலுக்குள் வளர்ந்து முடிய ஏறக்குறைய 18 டிகிரிக்கு மேல் வெப்பம் வேண்டும். ஊட்டி மேட்டின் குளிர் அதற்குச் சரிப்படாது. கூடலூர், வயநாடு எல்லை, மாயாற்றுப் பள்ளத்தாக்கு போன்ற கீழ்ச்சரிவுக் காடுகளில் வெப்பமும் இருந்தது, தெளிந்த ஓடைகளில் வளரும் அனோபிலஸ் ஃபுளூவியாட்டிலிஸ் கொசுவும் இருந்தது. ஆக, இது ஒரு குலத்தின் அடையாளம் அல்ல, கொசு இருந்த காட்டின் தழும்பு. இதே மரபணு ஆப்பிரிக்காவிலும் அரேபியாவிலும் கிரேக்கத்திலும் உண்டு. சமவெளித் தமிழர்களிடம் காணப்படும் பீட்டா தலசீமியா என்ற இன்னொரு மரபுவழி ரத்த நோயையும் இதே மலேரியாதான் தக்கவைத்தது. ‘பழங்குடி நோய்’ என்று யாராவது சொன்னால் இந்தப் பத்தியை அப்படியே வாசித்துக் காட்டுங்கள்.

வட்டத்தில் செய்து பார்க்க ஒரு பாசிமணி ஆட்டம் சொல்கிறேன். ஒரே அளவில் வெள்ளை மணி 160, சிவப்பு மணி 40 வாங்கி ஒரு துணிப்பையில் போட்டுக் குலுக்குங்கள். சிவப்பு என்பது மாறிய பிரதி, வெள்ளை மாறாதது. பார்க்காமல் இரண்டிரண்டாக எடுத்து 100 ஜோடி வையுங்கள். ஒவ்வொரு ஜோடியும் ஓர் ஆள். சராசரியாக 64 வெள்ளை ஜோடி, 32 கலப்பு ஜோடி, 4 சிவப்பு ஜோடி வரும். சிவப்பு ஜோடி நான்கையும் விலக்குங்கள், அது நோய். வெள்ளை ஜோடிகளில் நான்கில் ஒன்றை, அதாவது 16-ஐ, விலக்குங்கள், அது மலேரியா. மிஞ்சிய 80 ஜோடியில் 160 மணி. அதில் 32 சிவப்பு. ஐந்தில் ஒன்று! தொடங்கியபோதும் ஐந்தில் ஒன்றுதான். அதே விகிதத்தில் மணி சேர்த்து மறுபடி 200 ஆக்கி எத்தனை சுற்று ஆடினாலும் சிவப்பு அந்த அளவைச் சுற்றியே நிற்கும். (இவை ஆட்டத்துக்காக நான் வைத்த எண்கள். நீலகிரியின் கணக்கு என்று எடுத்துக்கொள்ள வேண்டாம்.)

இப்போது மலேரியாவை ஒழித்துவிட்டதாக வைத்துக்கொண்டு, வெள்ளை ஜோடி எதையும் விலக்காமல் ஆடுங்கள். 20 சதவீதம் இருந்த சிவப்பு ஐந்து சுற்றில் 10 சதவீதமாக இறங்கும். 10 ஐந்தாக இறங்க இன்னும் பத்துச் சுற்று ஆகும். குறையக் குறையச் சிவப்பு மணி கலப்பு ஜோடிகளுக்குள் ஒளிந்துகொள்வதால் இறக்கம் மெதுவாகிறது. ஒரு தலைமுறைக்கு 25 ஆண்டு என்றால் அந்தப் பத்துச் சுற்று 250 ஆண்டு. மலேரியா போன பிறகும் நோய் ஏன் இருக்கிறது என்ற கேள்விக்கு இதைவிட நல்ல பதில் எந்த நூலிலும் கிடைக்காது. 2023 ஜூலையில் தொடங்கிய தேசிய சிக்கிள் செல் ஒழிப்புத் திட்டம் 2047-ஐ இலக்காக வைத்திருக்கிறது. 24 ஆண்டு என்பது ஒரு தலைமுறைகூட இல்லை. அதற்குள் மரபணு எங்கும் போகாது. ஒழிய வேண்டியதும் ஒழிக்கக் கூடியதும் வலியும் அகால மரணமும்தான்.

ஆட்டம் இரண்டு இடத்தில் கெடும். மணிகளின் அளவு வேறுபட்டால் கை பெரியதையே தேடி எடுக்கும். மணிகளைக் குறைத்து 20, 30 வைத்து ஆடினால் சிவப்பு சில சுற்றிலேயே காணாமல் போகலாம், அல்லது காரணமே இல்லாமல் பெருகலாம். இந்த இரண்டாவதைப் பிழை என்று ஒதுக்காமல் ஒருமுறை வேண்டுமென்றே ஆடிக் காட்டுங்கள். சிறிய ஊர்களில், தமக்குள்ளேயே மணம் செய்துகொள்ளும் சிறிய கூட்டங்களில், எந்தப் பயனும் இல்லாமலேகூட ஒரு மரபணு ஏறும், இறங்கும். பல நூல்கள் இதைச் சொல்லாமல் எல்லாவற்றுக்கும் ஒரு பயன் கற்பிக்கின்றன.

செவிலியர் இருவரும் பரிசோதனையை விளக்கட்டும். கரைதிறன் சோதனை மாறிய ஹீமோகுளோபின் இருக்கிறது என்று மட்டும் சொல்லும். ஒரு பிரதியா இரண்டு பிரதியா என்று பிரித்துச் சொல்ல, ஹீமோகுளோபின் வகைகளைத் தனித்தனியே பிரித்துக் காட்டும் எச்.பி.எல்.சி. அல்லது எலெக்ட்ரோபோரெசிஸ் சோதனை வேண்டும். ஆறு மாதத்துக்குக் குறைந்த குழந்தைக்குக் கருக்கால ஹீமோகுளோபின் நிறைய இருப்பதால் கரைதிறன் சோதனை ஏமாற்றிவிடும். ஒரு பிரதி உள்ள இருவர் மணந்தால் நான்கு பிள்ளைகளில் ஒன்றுக்கு நோய் என்று எழுதுகிறார்கள். அதைத் திருத்திச் சொல்லுங்கள்: ஒவ்வொரு பேற்றிலும் நான்கில் ஒரு பங்கு வாய்ப்பு. முதல் பிள்ளைக்கு வந்துவிட்டதால் அடுத்த மூன்றும் தப்பிவிடும் என்று நம்பிய குடும்பங்களை அந்த ஒரு வாக்கியம் ஏமாற்றியிருக்கிறது.

உயரத்துக்கு ஏற்பப் பரிணமித்த உடல் என்பதற்கு வருகிறேன். உங்கள் நண்பர் சொல்வது திபெத்துக்குப் பொருந்தும். அங்கே 4,000 மீட்டரில் காற்றழுத்தம் கடல் மட்டத்தில் இருப்பதில் 60 சதவீதம்தான். ஈபாஸ்1 என்ற மரபணுவின் ஒரு வடிவம் அம்மக்களிடம் மிகுந்திருப்பதும், அது டெனிசோவன் என்ற மறைந்துபோன மனித இனத்திடமிருந்து வந்தது என்பதும் 2014-க்குள் தெரிந்துவிட்டது. ஊட்டியின் உயரம் 2,240 மீட்டர், கோத்தகிரி அதைவிடத் தாழ்வு. இங்கே அழுத்தம் முக்கால் பங்குக்கு மேல் இருக்கிறது. ஹீமோகுளோபின் ஆக்சிஜனைப் பிடிக்கும் வளைகோடு இந்த உயரத்தில் இன்னும் சமதளத்தில்தான் இருக்கிறது, செங்குத்தாக இறங்கத் தொடங்கவில்லை. ஆகவே நலமான உடலில் ரத்தத்தின் ஆக்சிஜன் செறிவு 95 சதவீதத்தை ஒட்டியே நிற்கும். இந்த அளவு நெருக்கடியால் யார் மிஞ்சினார், யார் மிஞ்சவில்லை என்று வடிகட்டப்பட்டிருக்க வாய்ப்பு மிகக் குறைவு. தேயிலைத் தோட்ட வேலைக்காகச் சமவெளியிலிருந்து வந்த குடும்பங்களுக்கோ ஏழெட்டுத் தலைமுறைக்கு மேல் ஆகவில்லை.

மேட்டுப்பாளையத்திலிருந்து வருகிறவருக்கு முதல் சில நாள் படியேற மூச்சு வாங்குகிறது, பிறகு சரியாகிவிடுகிறது. அது உடல் பழகிக்கொள்வது, பிள்ளைக்குப் போகாது. இந்தப் பழக்கத்துக்கும் மரபில் நிகழும் மாற்றத்துக்கும் ‘தகவமைப்பு’ என்ற ஒரே சொல்லைப் போடும் மொழிபெயர்ப்புகள்தான் உங்கள் நண்பரைக் குழப்பியிருக்கும். முதலாவதை ‘இணக்கம்’ என்றும் இரண்டாவதை மட்டும் ‘தகவமைப்பு’ என்றும் உங்கள் வட்டத்துக்குள் பிரித்து வைத்துக்கொள்ளுங்கள். பல்ஸ் ஆக்சிமீட்டரில் அளந்து பார்க்க ஆசை வரும். பாருங்கள். ஆனால் அந்தக் கருவியிலேயே இரண்டு புள்ளி முன்பின் இருக்கும், குளிரில் விறைத்த விரலில் இன்னும் தவறும். விரலைத் தேய்த்துச் சூடாக்கி, நகப்பூச்சு இல்லாமல், ஒரு நிமிடம் அசையாமல் வைத்து, மூன்று முறை எடுத்துச் சராசரி பாருங்கள்.

மூட்டையா, செதுக்கலா? இரண்டு நூல்களும் உடம்பை ஒரே நாளில் செய்து முடித்த பொருளாகப் பார்க்கின்றன, அதனால்தான் மதிப்பெண் போடுகின்றன. குரல்வளைக்குப் போகும் இடது மீள்நரம்பைப் பாருங்கள். மூளையிலிருந்து கழுத்தைத் தாண்டி நெஞ்சுக்குள் இறங்கி, பெருந்தமனியின் வளைவைச் சுற்றிக்கொண்டு, மறுபடி குரல்வளைக்கு ஏறுகிறது. மேட்டுப்பாளையத்திலிருந்து குன்னூர் போக வேண்டியவர் கோத்தகிரி ஏறி இறங்கிப் போகிற மாதிரி. மீனில் அதற்கு ஈடான நரம்பு செவுளுக்கு நேராகப் போகிறது. கழுத்து நீண்டு இதயம் கீழே இறங்கியபோது நரம்பு தமனியின் அடியில் மாட்டிக்கொண்டது. அறுத்து மாற்றிக் கட்ட வழியில்லை, ஒவ்வொரு தலைமுறையும் உயிரோடு இருந்தாக வேண்டும் அல்லவா? அதனால் நீண்டது. இடது நுரையீரலின் மேற்பகுதிக் கட்டியால் குரல் கம்முவது இந்தச் சுற்றுவழியால்தான்.

குடல்வாலை டார்வின் 1871-ல் எச்சம் என்றார். இன்று அது பாலூட்டிகளில் பலமுறை தனித்தனியாகத் தோன்றியது என்றும், நோயெதிர்ப்புக்கு உதவும் நிணத் திசு நிறைந்தது என்றும் தெரியும். ‘எச்சம்’ என்றால் பழைய வேலையை இழந்தது என்றுதான் பொருள், வேலையே இல்லாதது என்று அல்ல. ஞானப்பல் இன்னொரு வகை. தாடை வளர்வதில் சிறுவயதில் மெல்லும் உணவின் கடினத்துக்கும் பங்கு உண்டு. மென்மையாகச் சமைத்தே ஊட்டப்பட்ட பிள்ளையின் தாடை சற்றுச் சிறுத்துப் பல்லுக்கு இடம் போதாமல் போகலாம். இது ஒரு தலைமுறைக்குள்ளேயே நடப்பது, பரிணாமத்தின் கணக்கில் எழுதக் கூடாது.

முதுகுவலி அத்தியாயத்தில் மட்டும் நிதானம் வேண்டும். நிமிர்ந்து நடந்ததன் விலை முதுகுவலி என்பார்கள். தான்சானியாவின் லேட்டோலியில் கிடைத்த, நிமிர்ந்து நடந்த மூதாதையரின் காலடித் தடங்களுக்கு 36 லட்சம் ஆண்டுகளுக்கு மேல் வயது. அவ்வளவு காலமாக நடந்துவருகிறோம். உங்கள் வட்டத்தில் தோட்டத்தில் இலை பறித்தவர் ஒருவர் இருந்து, இடுப்பு வலிக்கிறது என்று சொன்னால், முதலில் கேட்க வேண்டியது சுமையின் எடை, சரிவில் நின்ற நேரம், ஓய்வு கிடைத்ததா என்பவை. பரிணாமத்தைக் காட்டி அந்த வலியை இயல்பாக்கிவிடும் நூலை நான் ஒப்புக்கொள்ள மாட்டேன்.

அந்த ஞாயிற்றுக்கு முன்பே இருளர் ஊர் நண்பர்கள் இருவரிடமும் தனியாகப் பேசி, எந்த அத்தியாயம் வருகிறது என்று சொல்லிவிடுங்கள். யாருடைய பரிசோதனை முடிவையும் கூட்டத்தில் கேட்க வேண்டாம், தாமாகச் சொன்னாலொழிய. நூலைத் திறக்குமுன் பாசிமணி ஆட்டத்தை ஆடுங்கள். மணிப்பை எல்லார் கைக்கும் ஒருமுறை போய் வரட்டும். பையிலிருந்து தனக்கு என்ன வரும் என்று யாராலும் சொல்ல முடியாது என்பது கைக்குத் தெரிந்த பிறகு அத்தியாயத்தைப் படிக்கலாம்.

அன்புடன்